பூட்டான் ஆவணத்தில் ‘ட்ரோம்தே’ என்று வந்தால்: நகராட்சி என்று எழுதிவிடும் முன் பார்க்க வேண்டியவை

பூட்டானிலிருந்து வரும் ஒரு சொத்துப் பத்திரத்தையோ வேலை ஒப்பந்தத்தையோ தமிழில் பெயர்க்கும்போது முதலில் கை தயங்கும் சொல் ட்ரோம்தே. அகராதியைப் பார்த்தால் ‘நகராட்சி’ என்று ஒரே சொல்லில் முடிந்துவிடும். தப்பில்லை. ஆனால் அந்த ஒரு சொல்லை எல்லா இடத்திலும் போட்டுவிட்டால் முகவரி ஒரு பக்கம் போகும், மக்கள்தொகைக் கணக்கு ஒரு பக்கம் போகும், மனு தவறான அலுவலகத்தில் போய்க் கிடக்கும்.

முதலில் உச்சரிப்பு. ஆங்கிலத்தில் இதை டி-எச்-ஆர் என்று தொடங்கி எழுதுகிறார்கள். அதைப் பார்த்துத் தமிழில் ‘த்ரோம்டே’ என்று எழுதுவது வழக்கமாகிவிட்டது. பூட்டானின் தேசிய மொழியான ஜோங்காவில் நடப்பது நேர் எதிர். முதல் ஒலி நம் டகரத்தை ஒட்டியது, நாக்கை மடித்துச் சொல்வது. கடைசி ஒலிதான் பல்லில் படும் தகரம். எழுத்தில் க-வும் ர-வும் சேர்ந்து நிற்கும், பேச்சில் அந்தக் கூட்டு டகரமாகிவிடும். ஆகவே ‘ட்ரோம்தே’ என்று எழுதினால் காதுக்கு நெருங்கி வரும். திம்பு என்ற பெயரிலும் ஆங்கிலத்தில் அதே டி-எச்தான் இருக்கிறது, அங்கே ஒலி தகரம். இரண்டையும் ஒரே மாதிரி எழுதுவதால்தான் ‘திம்பு த்ரோம்டே’ பிறக்கிறது.

சொல்லைப் பிரித்தால் ‘ட்ரோம்’ என்பது சந்தை, கடைத்தெரு, அதைச் சுற்றி வளர்ந்த ஊர். லாசாவில் உள்ள ட்ரோம்சிகாங் சந்தையின் பெயரிலும் இதே சொல்தான். பழைய திபெத்தியப் பேரரசின் ஏடுகளில் ‘ட்ரோம்’ என்பது எல்லைப்புறத்து ராணுவ நிர்வாகப் பகுதி. பாசறையாக இருந்த சொல் சந்தையாகி, இப்போது குடிநீர்க் கட்டணம் வசூலிக்கிறது. ‘தே’ என்பது பிரிவு, கூட்டம், சமூகம். பூட்டானின் பழைய ஆட்சித் தலைவர்களைக் குறித்த ‘தேசி’ பட்டத்தில் உள்ள ‘தே’யும் இதுவே. ‘பொன்’ என்றால் தலைவர். ட்ரோம்தேயின் தலைவர் அதனால் ட்ரோம்பொன். மேயர் என்று எழுதலாம், யாருக்கும் குழப்பம் வராது.

இனி விஷயத்துக்கு வருவோம். ட்ரோம்தே என்ற ஒரே சொல் மூன்று பொருளைச் சுமக்கிறது. எல்லை வகுக்கப்பட்ட நகர்ப்பரப்பு ஒன்று. தேர்ந்தெடுக்கப்பட்ட மன்றத்தின் பெயரில் ஒட்டி நிற்பது இன்னொன்று. முழுப்பெயர் ட்ரோம்தே சோக்தே. அன்றாட வேலை பார்க்கும் அலுவலகம் மூன்றாவது. ‘ட்ரோம்தே எல்லைக்குள் வசிக்கும்’ என்றால் பரப்பு. ‘ட்ரோம்தே தீர்மானித்தது’ என்றால் பெரும்பாலும் மன்றம். ‘ட்ரோம்தேயில் கட்டணம் செலுத்தவும்’ என்றால் அலுவலகம். தமிழில் நகராட்சி என்றால் முதலில் நினைவுக்கு வருவது அலுவலகமும் மன்றமும்தான். ஊரை நகரம் என்போம். எனவே முதல் வகை வரும் இடங்களில் ‘நகர எல்லை’ அல்லது ‘நகரப் பகுதி’ என்று எழுதுவதே சரி. ‘நகராட்சியில் பிறந்தார்’ என்று ஒரு பிறப்புச் சான்றின் பெயர்ப்பில் இருந்தால், அலுவலகத்தில் பிரசவம் நடந்தது போலத்தான் இருக்கும்.

அடுத்தது தரம். 2008 ஜூலை 18 அன்று நடைமுறைக்கு வந்த அரசியலமைப்பு, நாட்டை 20 ஜோங்காக், அதாவது மாவட்டங்களாக வைத்து, ஒவ்வொரு ஜோங்காக்கும் கேவோக்குகளும் ட்ரோம்தேக்களும் கொண்டது என்கிறது. கேவோக் என்பது பல கிராமங்கள் சேர்ந்த ஊரக அலகு. நாடு முழுக்க 205 உண்டு. அரசியலமைப்பின் 22-ஆம் பிரிவு உள்ளாட்சியைப் பற்றியது. அதில் வரும் பெயர்கள் ‘ஜோங்காக் ட்ரோம்தே’, ‘ஜோங்காக் யென்லாக் ட்ரோம்தே’. 2009-ஆம் ஆண்டின் உள்ளாட்சிச் சட்டமோ ‘ஏ’ வகுப்பு, ‘பி’ வகுப்பு, யென்லாக் என்று தரம் பிரிக்கிறது. ஒரே பத்திரத்தில் இரண்டு வகைப் பெயரும் கலந்து வரும். முன்னது மாவட்டத்தின் முதன்மை நகரம் எது, துணை நகரம் எது என்று சொல்கிறது. பின்னது அந்த நகரத்தை யார் ஆள்கிறார்கள் என்று சொல்கிறது. கேள்வியே வேறு.

‘ஏ’ வகுப்பு ஊர்கள் நான்கு: திம்பு, ஃபுன்ட்சோலிங், கெலெபு, சாம்ட்ரூப் ஜோங்கார். இவற்றுக்குத்தான் சொந்த மன்றம், சொந்த ட்ரோம்பொன், சொந்த நிர்வாகம் என்ற முழு அமைப்பு. ‘பி’ வகுப்பு நகரங்களை ஜோங்காக் நிர்வாகமே நேரடியாக நடத்தும். யென்லாக் நகரங்களை ஜோங்காக் நிர்வாகமோ கேவோக் நிர்வாகமோ பார்த்துக்கொள்ளும், எது என்பதை அரசு முடிவு செய்யும். ‘யென்லாக்’ என்றால் கை, கால் போன்ற உறுப்பு அல்லது கிளை. ‘கிளை நகரம்’ என்று எழுதினால் பொருந்தும். ‘கிளை நகராட்சி’ என்று எழுதாதீர்கள், அங்கே அப்படி ஒரு மன்றமே கிடையாது.

மக்கள்தொகையை வைத்து வகுப்பை ஊகிக்கக் கூடாது. 2017 கணக்கெடுப்பில் பாரோ நகரில் 11,448 பேர், கெலெபுவில் 9,858 பேர். பெரிய ஊர் பாரோதான். விமான நிலையமும் பாரோ மாவட்டத்தில்தான். ஆனால் ‘ஏ’ வகுப்பில் இருப்பது கெலெபு. ஆகவே ‘பாரோ மேயர்’ என்று ஒரு பெயர்ப்பில் கண்டால் மூலத்தைத் திறந்து பார்ப்பது நல்லது. ஜோங்தா என்று இருந்திருக்கும். அவர் மாவட்ட நிர்வாகத்தின் தலைவர், அரசு ஊழியர், தேர்தலில் வந்தவரல்ல. திம்புவில் இந்த இரண்டு பதவியும் அக்கம்பக்கமாக இருப்பதால் குழப்பம் இன்னும் கூடுதல்: திம்பு ஜோங்தா ஒருவர், திம்பு ட்ரோம்பொன் இன்னொருவர்.

மிகுதியாகப் பிழை விழும் இடம் இதுதான் என்பதால் திம்புவையே எடுத்துக்கொள்வோம். திம்பு ஜோங்காக்கில் 2017-இல் 1,38,736 பேர். திம்பு ட்ரோம்தேயில் 1,14,551 பேர். இணையத்தில் ‘திம்புவின் மக்கள்தொகை’ என்று இரண்டும் உலவுகின்றன, இரண்டும் சரி. இடைவெளியில் இருக்கும் 24,185 பேர் திம்பு நகர எல்லைக்கு வெளியே இருப்பவர்கள். நகரம் சுமார் 26 சதுர கிலோமீட்டர்தான். ஆற்றை ஒட்டி வடக்கே டெச்சென்சோலிங் பக்கமிருந்து தெற்கே பாபேசா பக்கம் வரை நீளவாக்கில் கிடக்கிறது. அதே பள்ளத்தாக்கின் கேவோக்குகள் காவாங், சாங். ஒருவருடைய நிலம் ‘திம்பு, காவாங்’ என்றிருந்தால் அது கேவோக் நிலமா, நகர எல்லைக்குள் சேர்ந்துவிட்ட நிலமா என்பதைப் பத்திரத்தின் மற்ற வரிகளைப் பார்த்துத்தான் சொல்ல முடியும். வீடு கட்ட யாரிடம் அனுமதி கேட்க வேண்டும் என்பதே அதைப் பொறுத்து மாறும்: எல்லைக்குள் என்றால் ட்ரோம்தே, வெளியே என்றால் ஜோங்காக் நிர்வாகம்.

தெற்கே போனால் சிக்கல் வேறு மாதிரி. ஃபுன்ட்சோலிங் என்ற பெயரில் ஒரு ட்ரோம்தே இருக்கிறது, ஒரு கேவோக் இருக்கிறது, ஒரு துணை மாவட்டமும் இருக்கிறது. துணை மாவட்டத்துக்கு அங்கே ட்ருங்காக் என்று பெயர். மூன்றுமே சூக்கா ஜோங்காக்கில் அடக்கம். கெலெபுவுக்கும் இதே கதை; அது இருப்பது சர்பாங் ஜோங்காக்கில். பெயருக்குப் பின்னால் வரும் சொல்லை விட்டுவிட்டு வெறும் ‘ஃபுன்ட்சோலிங்’ என்று முகவரியில் எழுதினால் தகவலில் பாதி போய்விடும். மேற்கு வங்கத்தின் ஜெய்காவோனுக்கு எதிரே, எல்லை வாசலைத் தாண்டியதும் வருவது ட்ரோம்தே. கேவோக் அதன் புறத்தே உள்ள கிராமங்கள். இன்னொன்று: மாவட்டத்தின் தலைமையிடமும் முதன்மை நகரமும் ஒன்றாகவே இருக்கும் என்ற நம் பழக்கம் இங்கே செல்லாது. சர்பாங் ஜோங்காக்கின் தலைமையிடம் சர்பாங், ‘ஏ’ வகுப்பு நகரம் கெலெபு.

கெலெபு பற்றி இப்போது இன்னொரு எச்சரிக்கையும் வேண்டும். 2023 டிசம்பர் 17, தேசிய தினத்தன்று மன்னர் ஜிக்மே கேசர் நாம்கியெல் வாங்சுக் அறிவித்த ‘கெலெபு மைண்ட்ஃபுல்னெஸ் சிட்டி’ ஒரு சிறப்பு நிர்வாகப் பகுதி. பரப்பில் அது நகரத்தைப் பல மடங்கு விஞ்சியது. ‘கெலெபு ட்ரோம்தே’ என்று மூலத்தில் இருப்பதை ‘கெலெபு புதிய நகரம்’ என்று அலங்கரிக்க வேண்டாம். முன்பே இருந்த ஊர் வேறு, திட்டம் வேறு.

மன்றத்தைப் பற்றியும் சில சொல் விவரங்கள். ட்ரோம்தே சோக்தேயில் தேர்ந்தெடுக்கப்பட்ட உறுப்பினர்கள் 7 முதல் 10 பேர் வரை, பதவிக்காலம் ஐந்து ஆண்டு. கட்சி சார்பில் யாரும் நிற்க முடியாது, அரசியலமைப்பே தடுக்கிறது. எனவே ‘ஆளும் கட்சிக் கவுன்சிலர்’ போன்ற சொற்கள் இங்கே கால் வைக்கவே கூடாது. ‘சோக்தே’, ‘சோக்து’ இரண்டும் ‘ஒன்றுகூடுதல்’ என்ற பொருளில் பிறந்தவை, ஒரே ஓர் உயிரொலிதான் வித்தியாசம். ஆனால் ஜோங்காக் மட்டத்தில் இருப்பது சோக்து; கேவோக்கிலும் ட்ரோம்தேயிலும் இருப்பது சோக்தே. தேசிய மட்டத்தில் கியெல்யோங் சோக்து என்றால் நாடாளுமன்றத்தின் கீழவையான தேசியப் பேரவை, கியெல்யோங் சோக்தே என்றால் மேலவையான தேசிய மன்றம். தட்டச்சில் ஒரு எழுத்துப் பிசகினால் மேலவை கீழவையாகிவிடும்.

மன்றம் விளம்பரப் பலகை, பொதுச் சுகாதாரம், பாதுகாப்பு ஆகியவற்றுக்கு விதி வகுக்கலாம், உள்ளூர் வரி விதிக்கலாம். சட்டம் இயற்ற முடியாது. அந்த அதிகாரம் நாடாளுமன்றத்துக்கு மட்டும். அதனால் ‘ட்ரோம்தே சட்டப்படி அபராதம்’ என்று பெயர்க்கும் முன், மூலத்தில் இருப்பது சட்டமா விதியா என்று பார்க்கவும். பெரும்பாலும் விதியாகத்தான் இருக்கும்.

முதல் ட்ரோம்தே தேர்தல் 2011 ஜனவரியில் நடந்தது. திம்புவின் தேர்ந்தெடுக்கப்பட்ட முதல் ட்ரோம்பொன் கின்லே தோர்ஜி. அந்தத் தேர்தல்களின் வாக்காளர் எண்ணிக்கையைப் பார்ப்பவர்கள் அச்சுப்பிழை என்று நினைத்துத் திருத்திவிடுவது உண்டு. ஒரு லட்சத்துக்கு மேல் மக்கள் வாழும் ஊரில் வாக்காளர் சில ஆயிரம்தானா? ஆம். வசிக்கும் இடத்தில் அல்ல, குடிப்பதிவு இருக்கும் இடத்தில்தான் வாக்கு. அந்தத் தொகுதியின் குடிப்பதிவேட்டில் குறைந்தது ஓராண்டாகப் பெயர் இருக்க வேண்டும் என்கிறது அரசியலமைப்பின் 23-ஆம் பிரிவு. திம்புவில் இருபது ஆண்டாகக் குடியிருப்பவரின் பதிவு டிராஷிகாங்கின் ஏதோ ஒரு கேவோக்கில் இருந்தால், அவர் வாக்களிப்பது அங்கேதான்.

இதே காரணத்தால்தான் அங்கத்திய படிவங்களில் முகவரி இரண்டாக வருகிறது. நிரந்தர முகவரியில் வீட்டு எண், ட்ராம் எண், கிராமம், கேவோக், ஜோங்காக் என்று வரிசையாகக் கட்டம் இருக்கும். தற்போதைய முகவரி தனி. முதலாவதைப் பார்த்து ஆள் அங்கே குடியிருக்கிறார் என்று எடுத்துக்கொள்ளக் கூடாது. ‘ட்ராம்’ என்ற சொல்லும் கண்ணை ஏமாற்றும்: அது நிலப் பதிவேடு, அதில் உரிமையாளர் பெயரில் உள்ள கணக்கின் எண். ட்ரோமுக்கும் ட்ராமுக்கும் எழுத்தில் ஒரு உயிர்க்குறிதான் இடைவெளி. ஆங்கிலத் தட்டச்சில் இரண்டும் மாறி விழுந்திருப்பதைக் கவனித்துப் படிக்கவும்; பின்னால் ‘எண்’ என்று இருந்தால் அது ட்ராம்தான். இதை ‘டிராம் வண்டி எண்’ என்று இயந்திரப் பெயர்ப்பு எழுதினால் சிரித்துவிட்டுத் திருத்தலாம். ‘நகர எண்’ என்று எழுதினால் கண்ணில் படாமலே போய்விடும், அதுதான் ஆபத்து.

திம்பு நகர நிலப் பத்திரங்களில் மட்டும் தலைகாட்டும் இன்னொரு பொறி: ‘அர்பன் வில்லேஜ்’ என்ற வகைப்பாடு, ‘யூவி’ என்ற சுருக்கத்தோடு வரும். கட்டடக் கலைஞர் கிறிஸ்டோபர் பென்னிங்கர் குழுவினர் வகுத்த, 2002 முதல் 2027 வரையிலான திம்பு கட்டமைப்புத் திட்டத்தில் இருந்து வந்தது இது. ஒரு மனையில் எதைக் கட்டலாம், எவ்வளவு கட்டலாம் என்பதற்கான மண்டலப் பெயர். கிராமம் அல்ல, கேவோக்கும் அல்ல. ‘நகர்ப்புறக் கிராமம்’ என்று எழுதி, பிறகு யாராவது அதை முகவரியின் கிராமக் கட்டத்தில் நிரப்பிவிட்டால் பதிவேட்டோடு பொருந்தாது. ‘யூவி மண்டலம்’ என்று அப்படியே விடுவது மேல்.

பழைய ஆவணமானால் தேதியை முதலில் பாருங்கள். 1999-இல் ஒரு நகராட்சிச் சட்டம் இருந்தது. திம்பு, ஃபுன்ட்சோலிங் இரண்டும் அப்போது ‘சிட்டி கார்ப்பரேஷன்’ என்ற பெயரில் இயங்கின. அந்தக் காலத்து ரசீதில் ‘திம்பு சிட்டி கார்ப்பரேஷன்’ என்றிருப்பதை இன்றைய பெயருக்கு மாற்றக் கூடாது, அடிக்குறிப்பில் ‘இப்போதைய திம்பு ட்ரோம்தே’ என்று சொன்னால் போதும். தெற்கு ஊர்களின் பெயர்களும் மாறியவை: சாம்ச்சி இன்று சாம்ட்சே, சிராங் இன்று ட்சிராங். கேவோக்கைப் பழைய ஆங்கில ஆவணங்கள் ‘பிளாக்’ என்றன, அதன் தலைவருக்கு ‘குப்’ என்று பெயர், அவரைத் தெற்கே நேபாளி பேசுவோர் ‘மண்டல்’ என்றனர்.

பெயர்ப்பில் எப்படி எழுதுவது என்று கேட்டால்: முதல் முறை வரும்போது ‘திம்பு ட்ரோம்தே என்னும் நகராட்சி’, அதன் பிறகு ட்ரோம்தே. ‘பி’ வகுப்பு என்றால் ‘நகரம், ஜோங்காக் நிர்வாகத்தின் கீழ்’. ‘ஏ’ வகுப்பை ‘மாநகராட்சி’ என்று உயர்த்த வேண்டாம். 2017 கணக்கில் பத்தாயிரம் பேர்கூட இல்லாத கெலெபுவைப் படிப்பவர் மதுரை அளவுக்குக் கற்பனை செய்துகொள்வார். முத்திரையில் உள்ள பெயரை மட்டும் மொழிபெயர்க்காமல் ஒலிபெயர்த்து, வகுப்பு எது என்பதைச் சதுர அடைப்புக்குள் பெயர்ப்பாளர் குறிப்பாகத் தரவும். சரிபார்க்கும் அலுவலர் ஒப்பிட்டுப் பார்ப்பது முத்திரையைத்தான்.