புரட்டாசியில் தலைகாட்டும் கொடி

தென்னாப்பிரிக்காவின் லெனேசியாவில் புரட்டாசி பிறந்ததும் வீடுகளில் கறியும் மீனும் நின்றுவிடும். அதே வாரத்தில் என் போன் அடிக்கத் தொடங்கும். "தம்பி, போன வருஷம் பிடுங்கினோமே, அந்தக் கொடி மறுபடி வந்திருச்சு." ஜோகன்னஸ்பர்க்கின் தெற்குப் பக்கத்தில் 18 வருடமாகத் தோட்டப் பராமரிப்பு வேலை செய்கிறேன். இந்த வார்த்தையைக் கேட்காமல் ஒரு வசந்தகாலமும் போனதில்லை.

அவர்கள் சொல்லும் கொடி பெரும்பாலும் ஃபீல்டு பைண்ட்வீட். ஆஃப்ரிகான்ஸ் பேசும் விவசாயிகள் அக்கர்விண்டே என்பார்கள்; தாவரவியல் பெயர் கான்வால்வுலஸ் ஆர்வென்சிஸ். ஐரோப்பாவும் ஆசியாவும் இதன் பிறந்த மண். நம் சர்க்கரைவள்ளிக் கிழங்கும் இதுவும் ஒரே குடும்பம். அதனால்தானோ என்னவோ, பூவைப் பார்த்ததும் பெரியவர்களுக்கு மனசு இளகிவிடுகிறது. "அழகா பூத்திருக்கே, இருந்துட்டுப் போகட்டும்" என்று விட்டுவிடுகிறார்கள். அப்படி விட்ட வீடுகளில்தான் எனக்கு அதிக வேலை.

மூன்று வருடத்துக்கு முன் ஒரு ஆயா வீட்டுக்குப் போனேன். பின்பக்கம் மிளகாய்ப் பாத்தி, ஓரத்தில் துளசி, சுவரோரம் கறிவேப்பிலை. முன்பக்கம் முழுக்க கிக்குயு புல்தரை. மிளகாய்ச் செடிகள் எல்லாம் ஒரே பக்கமாகச் சாய்ந்திருந்தன. உட்கார்ந்து பார்த்தேன். நூல்கண்டு மாதிரி தண்டைச் சுற்றிக்கொண்டு ஏறியிருந்தது கொடி, கடிகார முள்ளுக்கு எதிர்த்திசையில், ஒரு சுற்றுக்கும் அடுத்ததற்கும் அரை விரல் இடைவெளி. இலை அம்புமுனை போல. பூ சின்னப் புனல், 2.5 செ.மீ. அகலம் இருக்கும், வெள்ளையில் இளஞ்சிவப்புக் கீற்று. பூக்காம்பில் கொஞ்சம் கீழே இறங்கினால் இரண்டு சின்னச் செதில்கள் தெரியும். இந்தக் கொடியை அடையாளம் காண நான் முதலில் தேடுவது அந்தச் செதில்களைத்தான்.

ஆயா பக்கத்தில் வந்து நின்று, "தினமும் பிடுங்குறேன் தம்பி. பிடுங்கப் பிடுங்க கூடுது" என்றார். அவர் கையில் அரை அடி வேர் இருந்தது, வெள்ளையாக, பலகாரச் சேவு மாதிரி ஒடியக்கூடியதாக. மீதி வேர் கீழே இருந்தது. எவ்வளவு கீழே என்று அவருக்குச் சொன்னபோது அவர் நம்பவில்லை.

இதன் வேர் 2, 3 மீட்டர் ஆழம் போவது சாதாரணம். 6 மீட்டர் வரை போனதையும் பதிவு செய்திருக்கிறார்கள். பக்கவாட்டில் மண்ணுக்கடியில் ஓடும் வேர்கள் அங்கங்கே மேலே முளை விடும். பாத்தியில் பத்துச் செடி தெரிந்தால் கீழே இருப்பது ஒரே செடியாக இருக்கலாம். 5 செ.மீ. நீளத் துண்டு வேர் ஈரமண்ணில் கிடந்தால் போதும், அது தனிச் செடியாகிவிடும். விதையின் தோல் கல் மாதிரி. மண்ணுக்குள் 20 வருடத்துக்கு மேலும் உயிரோடு கிடக்கும்.

பிடுங்கினால் ஏன் கூடுகிறது என்பதும் இங்கேதான் இருக்கிறது. கோடை முழுக்க இலை சமைத்த சர்க்கரையை வேர் வாங்கிச் சேர்த்து வைக்கிறது. மேலே கொடியை அறுத்தால் வேர் அந்தச் சேமிப்பிலிருந்து எடுத்துப் புது முளை அனுப்புகிறது. முளை மண்ணைவிட்டு வெளியே வந்து சுமார் 2 வாரம் வரைக்கும் வேருக்குச் செலவுதான், வரவு இல்லை. அதற்குப் பிறகு இலைகள் விரிந்து கடனைத் திருப்பத் தொடங்கும். ஆயா தினமும் கண்ணில் பட்டதைப் பிடுங்கினார், பிறகு பேரன் கல்யாணம், ஒரு மாதம் விட்டுவிட்டார். அந்த ஒரு மாதத்தில் வேர் இழந்ததை எல்லாம் மீட்டுக்கொண்டது. அறுப்பது முக்கியம், அதைவிட முக்கியம் வரவு தொடங்கும் முன் அடுத்த தடவை அறுப்பது.

ஆகவே ஆயாவிடம் நான் கேட்டது ஒன்றுதான்: இரண்டு வாரத்துக்கு ஒரு தடவை, தேதி தப்பாமல். சனிக்கிழமை பெருமாள் பூசை, முடியாது என்றார். ஞாயிறு காலை என்று முடிவானது. சமையலறையில் தொங்கிய கோயில் நாட்காட்டியில் சிவப்புப் பேனாவால் ஒன்றுவிட்ட ஞாயிறுகளில் எல்லாம் வட்டம் போட்டார். தண்டைப் பிடித்து இழுக்கச் சொல்லவில்லை. களைக்கொத்தியால் மண்ணுக்கு இரண்டு மூன்று விரல் கீழே அறுக்கச் சொன்னேன். செடியைச் சுற்றிய கொடியை அவிழ்க்க வேண்டியதில்லை. அடியில் அறுத்துவிட்டால் மேலே தானே காய்ந்து உதிரும். அவிழ்க்கப் போய் மிளகாய்க் கிளையை ஒடித்துக்கொள்பவர்கள்தான் அதிகம்.

இந்த இடத்தில் என் தவறு ஒன்றைச் சொல்லியாக வேண்டும். தொழிலுக்கு வந்த புதிதில் ஒரு வீட்டின் காலி மனையில் இதே கொடி. வாடகைக்கு ரோட்டாவேட்டர் எடுத்து, அரை நாளில் மண்ணைப் பொடியாக்கிச் சீராக்கிக் கொடுத்தேன். வீட்டுக்காரருக்கு ரொம்ப சந்தோஷம். ஆறு வாரம் கழித்துக் கூப்பிட்டார். முன்பு மனையின் ஒரு மூலையில் இருந்த கொடி இப்போது மனை முழுக்க. ஒவ்வொரு வேரையும் விரல் நீளத் துண்டுகளாக நறுக்கி, சமமாகப் பரப்பி, மண் போட்டு மூடி நட்டுக் கொடுத்தது நான்தான். அந்த மனைக்கு இரண்டு வருடம் காசு வாங்காமல் போய்வந்தேன். தோண்டத்தான் வேண்டும் என்றால் ஃபோர்க்கால் மெதுவாகக் கிளறி, வேரை முழுசாக உருவுங்கள். மண்வெட்டியும் நறுக்கத்தான் செய்யும்.

தெற்கு அரைக்கோளத்தில் நம் மாதங்கள் தலைகீழாக விழுகின்றன. அதை வைத்தே இந்தக் கொடியின் நாட்காட்டியைச் சொல்லிக் கொடுக்கிறேன், மறக்காது. ஆடியில் அம்மனுக்குக் கூழ் ஊற்றும்போது நாங்கள் இருக்கும் ஹைவெல்ட் மேட்டுநிலத்தின் உறைபனியில் கொடி கருகிக் கிடக்கும். ஒழிந்தது என்று நினைப்பார்கள். வேர் தூங்குகிறது, அவ்வளவுதான். புரட்டாசியில் மழை சரியாகத் தொடங்கும் முன்பே, புல் இன்னும் பழுப்பாக இருக்கும்போதே, ஆழத்து ஈரத்தைக் குடித்துப் பச்சையாக எழும்பும். வருடத்தில் இதைக் கண்டுபிடிக்க இதைவிட எளிய நாட்கள் கிடையாது. இரண்டு வாரத்துக்கு ஒரு தடவை அறுப்பது அப்போதே தொடங்கட்டும். தீபாவளிக்குப் பூத்துவிடும். ஒரு பூவுக்கு ஒரே நாள் ஆயுள், ஆனால் பூ தொடர்ந்து வந்துகொண்டே இருக்கும். தீபாவளிக்கு முன் அறுத்த வீட்டில் விதை விழாது. தைப்பூசத்துக்கு எல்லோரும் காவடி வேலையில் இருப்போம், மழையும் நன்றாகப் பெய்யும், கொடிக்கு அது கொண்டாட்டக் காலம். அந்த மாதத்தில் விட்டுவிடாதீர்கள். பிறகு பங்குனி.

பங்குனிதான் மருந்துக்கு ஏற்ற மாதம். குளிருக்கு முன் இலையில் இருக்கும் சர்க்கரையை எல்லாம் கொடி வேருக்கு இறக்கும். கிளைஃபோசேட் போன்ற உள்பாயும் களைக்கொல்லி இலையில் பட்டால் அந்த ஓட்டத்தோடு சேர்ந்து வேருக்குப் போகும். வசந்தத்தில் அடித்தால் ஓட்டம் மேல்நோக்கி இருப்பதால் மேலே மட்டும் கருகும், வேர் பிழைத்துக்கொள்ளும். கார்த்திகை, மார்கழியில் மாலை நாலு மணிக்கு இடி இடித்துப் பெய்யும் மழை வேறு மருந்தைக் கழுவிவிடும்.

ஆனால் கிளைஃபோசேட்டுக்கு மிளகாயும் ஒன்றுதான், துளசியும் ஒன்றுதான், கிக்குயுவும் ஒன்றுதான். அதனால் பாத்தியில் நான் தெளிப்பதே இல்லை. கொடி முளைக்கும் இடத்தில் ஒரு மூங்கில் குச்சியை நட்டுவிடுவேன். அது தேடி வந்து குச்சியில் ஏறிக்கொள்ளும். நன்றாகத் தழைத்ததும் குச்சியிலிருந்து மொத்தமாகச் சுருட்டி, வேரோடு ஒட்டியபடியே, ஒரு பிளாஸ்டிக் பைக்குள் நுழைத்து, உள்ளே மட்டும் தெளித்து, வாயைக் கட்டிவிடுவேன். சில இடங்களில் ரப்பர் கையுறைக்கு மேல் பழைய பஞ்சுத் துண்டைப் பிடித்து இலையில் மருந்தைத் தடவுவேன். வேலை மெதுவாகத்தான் நடக்கும். பக்கத்துச் செடிக்கும் தேனீக்கும் இதுவே நல்லது. அதன்பின் 3 வாரம் அந்தக் கொடியைத் தொடக்கூடாது. அவசரப்பட்டு அறுத்தால் மருந்து வேருக்குப் போகும் வழியையும் நீங்களே அறுத்துவிடுகிறீர்கள்.

புல்தரைக்கு வேறு கணக்கு. எவ்வளவு தாழ்வாக வெட்டினாலும் கொடி தரையோடு படர்ந்துகொள்ளும். மெஷினின் கத்தி அதன் தலைக்கு மேலே போய்விடும். எனக்கு நல்ல பலன் தந்தது புல்லைப் பலப்படுத்துவதுதான். கிக்குயுவைக் கொஞ்சம் உயரமாக வைத்து வெட்டுங்கள், கோடையில் எல்.ஏ.என். என்ற தழைச்சத்து உரம் போட்டுத் தண்ணீர் பாய்ச்சுங்கள். அடர்ந்த புல்லின் நிழலில் இந்தக் கொடி மெலியும். எம்.சி.பி.ஏ., 2,4-டி, டைகாம்பா சேர்ந்த அகலஇலைக் களைக்கொல்லிகள் புல்லைவிட்டுக் கொடியை மட்டும் தாக்கும். என்றாலும் எல்லாப் புல்லும் அதைத் தாங்காது. உங்கள் புல்லின் பெயர் லேபிளில் இருக்கிறதா என்று பார்த்துவிட்டு வாங்குங்கள். மரத்தின் வேர்ப்பகுதியில் டைகாம்பா வேண்டாம், மரம் உறிஞ்சிவிடும். தக்காளிக்கும் மிளகாய்க்கும் காற்றில் மிதந்து வரும் 2,4-டி போதும், இலை சுருண்டுவிடும். உரங்களையும் களைக்கொல்லிகளையும் கட்டுப்படுத்தும் 1947-ஆம் ஆண்டின் 36-ஆம் எண் சட்டப்படி பதிவான மருந்துகளில் எல் என்ற எழுத்தில் தொடங்கும் பதிவெண் இருக்கும். குளிர்பான பாட்டிலில் ஊற்றிக் கொடுக்கும் பெயரில்லாத மருந்தை வாங்காதீர்கள். வீட்டில் குழந்தைகள் இருக்கிறார்கள்.

வாட்ஸ்அப்பில் உப்பு, வினிகர், கொதிநீர் என்று வைத்தியம் சுற்றுகிறது. வினிகரும் கொதிநீரும் இலையைக் கருக்கும், 2 மீட்டர் வேருக்கு அது ஒரு பொருட்டே இல்லை. உப்பு மண்ணைக் கெடுத்து மற்றச் செடிகளைக் கொன்ற பிறகும் கொடி நிற்கும். ஆயாவின் மருமகள் ஒரு பாக்கெட் உப்பு கொட்டிய இடத்தில் இன்றைக்கும் கீரை வருவதில்லை.

கொடி வீட்டுக்குள் வரும் வழியையும் கவனியுங்கள். ஆகஸ்ட், செப்டம்பரில் புல்லை மொட்டையாக வெட்டி, லாரியில் மண் வரவழைத்துப் பரப்புவது இங்கே எல்லோரும் செய்வது. ஆயா வீட்டுக்கும் கொடி அப்படித்தான் வந்திருக்க வேண்டும். அந்த வருடம் மண் இறக்கிய இடத்திலிருந்துதான் அது தொடங்கியது. மண் வந்ததும் கையால் கிளறிப் பாருங்கள், வெள்ளை நூல் போல் வேர் தெரிந்தால் திருப்பி அனுப்புங்கள். அறுத்த கொடியைக் கம்போஸ்ட் குவியலில் போட வேண்டாம். சிமெண்ட் தரையில் பரப்பி, கையில் நொறுங்கும் வரை காய விடுங்கள். இலை சர்க்கரைவள்ளி இலையைப் போலத் தோன்றுகிறதே என்று யாரும் சமைத்துவிடாதீர்கள். இதில் ஆல்கலாய்டுகள் என்ற நச்சுப் பொருட்கள் இருக்கின்றன. குதிரைகளுக்கு நோய் தரும் செடி இது.

பார்க்க இதைப் போலவே இருக்கும் எல்லாமே எதிரி கிடையாது. ஹைவெல்ட் புல்வெளியின் சொந்தப் பிள்ளையான கான்வால்வுலஸ் சஜிட்டேட்டஸுக்கும் அம்பு இலைதான். வீட்டுக்கு வெளியே திறந்த புல்வெளியில் கண்டால் படம் எடுத்து, செடிகளை அடையாளம் சொல்லும் ஐநேச்சுரலிஸ்ட் தளத்தில் போட்டுக் கேட்டுவிட்டுக் கை வையுங்கள். நர்சரியில் நீலப் பூவோடு விற்கும் கான்வால்வுலஸ் சபாட்டியஸ் அடக்கமான தரைச்செடி, பயமில்லை. டர்பன் கடற்கரை மணலில் படர்ந்திருக்கும் அடும்பங்கொடியை நம்மில் பலருக்குத் தெரியும். மணல்மேட்டைப் பிடித்து நிறுத்துவதே அதுதான், தொடாதீர்கள். வேலியில் ஊதாப் பூவாகக் குலுங்கும் மார்னிங் குளோரி மட்டும் இதைப் போலவே தொல்லை.

சட்டமும் இருக்கிறது. 2004-ஆம் ஆண்டின் பல்லுயிர்ச் சட்டத்தின் கீழ் வந்த விதிகளில் ஃபீல்டு பைண்ட்வீட் 1பி வகையில் இருக்கிறது. உங்கள் நிலத்தில் இருந்தால் கட்டுப்படுத்துவது உங்கள் கடமை. விற்கவோ வளர்க்கவோ கூடாது. வீட்டை விற்கும்போது இந்தப் பட்டியலில் உள்ள செடிகள் இருக்கின்றன என்று வாங்குபவருக்கு எழுத்தில் தெரிவித்தாக வேண்டும். பல வீட்டுக்காரர்களுக்கு இது ஒப்பந்தம் எழுதும் நாளில்தான் தெரியவருகிறது.

ஒரு வருடத்தில் முடியுமா என்று கேட்பவர்களிடம் இல்லை என்றே சொல்கிறேன். இரண்டு மூன்று வருடம் ஆகும், அதற்குப் பிறகும் பழைய விதை அவ்வப்போது முளைக்கும். விதைநாற்றுக்குப் பயப்பட வேண்டாம். முளைத்த இரண்டு மூன்று வாரத்துக்குள் என்றால் விரலால் கிள்ளினாலே போய்விடும்.

ஆயாவின் மிளகாய்ப் பாத்தியில் முதல் புரட்டாசியில் நான் எண்ணியது 63 முளை. இந்தப் பங்குனியில் போனபோது 4. நான் பையையும் குச்சியையும் வண்டியிலிருந்து எடுப்பதற்குள் இரண்டை அவரே காட்டிவிட்டார். மூன்றாவது துளசித் தொட்டிக்குப் பின்னால், நான்காவது கறிவேப்பிலையின் அடியில். வேலை முடித்துக் கை கழுவ உள்ளே போனேன். புது நாட்காட்டி தொங்கிக்கொண்டிருந்தது. மார்கழி வரைக்கும் வட்டம் போட்டிருந்தார்.