பொருண்மை வலையமைப்பு: சொல்லும் பொருளும்

'செமான்டிக் நெட்வொர்க்' என்பதற்குத் தமிழில் பொருத்தமான சொல் பொருண்மை வலையமைப்பு. ஒரு துறையின் கருத்துகளைக் கணுக்களாகவும், அவற்றுக்கு இடையே உள்ள உறவுகளைப் பெயரிட்ட அம்புக்குறிகளாகவும் வரைந்து அறிவைப் பதிந்து வைக்கும் முறை இது. இந்த வரையறையில் கனமான சொல் 'பெயரிட்ட' என்பதுதான். கணுக்களை யாரும் எழுதிவிடலாம். அம்புக்குறியின் மேல் எழுதும் சொல் பிசகினால் வலை முழுவதும் பொய் சொல்லத் தொடங்கிவிடும்.

முதலில் சொல்லைப் பார்ப்போம். கிரேக்கத்தில் 'சேமா' என்றால் குறி, அடையாளம். அதிலிருந்து குறியால் உணர்த்துதல் என்ற வினையும், 'பொருள் உணர்த்துகிற' என்ற பெயரடையும் பிறந்தன. அதை எடுத்து 1883இல் 'செமான்தீக்' என்று ஒரு துறைக்குப் பெயர் வைத்தவர் பிரெஞ்சு மொழியறிஞர் மிஷேல் பிரேயால். சொற்களின் பொருளையும் அது மாறும் விதத்தையும் ஆராயும் துறை அது.

தமிழில் இதற்கு இணையான சொல் தொல்காப்பியத்திலேயே இருக்கிறது. பெயரியலின் தொடக்கத்தில் "பொருண்மை தெரிதலும் சொன்மை தெரிதலும் சொல்லின் ஆகும்" என்று வருகிறது. 'நெல் விளைந்தது' என்றால் அந்தச் சொல் வயலில் நிற்கும் பொருளைக் காட்டுகிறது, இது பொருண்மை. 'நெல் என்பதில் இரண்டு எழுத்து' என்றால் சொல் தன்னையே காட்டிக்கொள்கிறது, இது சொன்மை. பொருண்மை வலையமைப்பின் கணுக்கள் எல்லாம் முதல் பக்கத்தைச் சேர்ந்தவை. அங்கே நிற்பது சொல் அல்ல, சொல் சுட்டும் பொருள். அதனால்தான் பலர் எழுதும் 'சொற்பொருள் வலையமைப்பு' என்பதைவிடப் பொருண்மை வலையமைப்பு சரியாகப் பொருந்துகிறது. 'பொருளியல்' பொருளாதாரத்துக்குப் போய்விட்டது. 'கருத்து வலை' என்றால் பள்ளிகளில் வரையும் கருத்து வரைபடத்தோடு குழம்பும்.

இரண்டாம் பாதிக்கும் போட்டி உண்டு. தமிழ்நாட்டுக் கணினித் துறையில் 'பிணையம்' என்கிறார்கள். ஆனால் வங்கியிலும் நீதிமன்றத்திலும் பிணையம் என்றால் ஈடு, ஜாமீன். 'வலை' என்று மட்டும் நிறுத்தினால், இணையத் தரவுகளைப் பொருளோடு இணைக்கும் 'செமான்டிக் வெப்' என்ற வேறொரு திட்டத்தோடு கலந்துவிடும். 'நியூரல் நெட்வொர்க்' எனப்படும் நரம்பு வலையமைப்பும் வேறு. அங்கே அறிவு எண்களாகிய எடைகளில் பரவிக் கிடக்கும். ஒரு தனி எடையைக் காட்டி 'இதுதான் நெல்' என்று சொல்ல முடியாது. பொருண்மை வலையமைப்பில் ஒவ்வொரு கணுவையும் ஒவ்வோர் அம்பையும் படித்துப் பொருள் சொல்லலாம்.

'நோட்' என்பதற்குக் கணு நல்ல சொல். கரும்பிலும் மூங்கிலிலும் இலையும் கிளையும் வெடிக்கும் இடம் அது. இங்கேயும் உறவுகள் கிளைப்பது அங்கிருந்துதான். 'எட்ஜ்' என்பதை 'விளிம்பு' என்று பெயர்ப்பதுதான் இடறுகிறது. மேசைக்கு விளிம்பு உண்டு. இரண்டு கருத்துகளை இணைக்கும் கோட்டுக்கு ஏது விளிம்பு? இணைப்பு என்றே சொல்லலாம்.

மேல்வகை கீழ்வகையாகக் கருத்துகளை அடுக்கும் வழக்கம் பழையது. அரிஸ்டாட்டிலின் வகைப்பாட்டுக்கு முன்னுரை எழுதிய போர்ஃபிரி, கி.பி. 3ஆம் நூற்றாண்டில் பொருள்களைக் கிளைகிளையாகப் பிரித்துக் காட்டினார். அதுவே பின்னாளில் 'போர்ஃபிரியின் மரம்' என்று பெயர்பெற்றது. கணினிக்கு இதைக் கொண்டுவந்தவர்களில் முதலாமவர் கேம்பிரிட்ஜில் இருந்த தாவரவியலாளர் ரிச்சர்ட் ரிச்சென்ஸ். 1956இல், இயந்திர மொழிபெயர்ப்பில் இரண்டு மொழிகளுக்கும் நடுவே நிற்கும் பொதுவடிவமாகப் பொருண்மை வலையமைப்பை முன்வைத்தார். மனித நினைவுக்கான மாதிரியாக இதை வளர்த்தவர் ராஸ் குவில்லியன். அவருடைய ஆய்வேடு 1966இல் வந்தது, அதன் சுருக்கம் 1968இல் அச்சானது. 'பிளான்ட்' என்ற ஆங்கிலச் சொல்லை எடுத்துக்கொண்டு, செடி, தொழிற்சாலை, நடுதல் என்ற மூன்று பொருளுக்கும் தனித்தனித் தளம் வரைந்தார் அவர். ஒரு சொல்லை ஒரே கணுவாக வைத்தால் எல்லாம் கலங்கிவிடும் என்பது அவருக்கு அப்போதே தெரிந்திருந்தது.

நமக்கு 'பிளான்ட்' வேண்டாம், நெல் போதும். 'நெல் நட்டாயிற்று' என்றால் பயிர். 'நெல் அவித்தாயிற்று' என்றால் மணி. சொல் ஒன்று, பொருள் இரண்டு. ஆகவே வலை வரைய உட்காரும்போது முதல் வேலை, பட்டியலிட்ட ஒவ்வொரு சொல்லையும் இரண்டு மூன்று வாக்கியங்களில் வைத்துப் பார்த்துப் பொருள் பிரியும் இடத்தில் கணுவையும் பிரிப்பது. இங்கே நெற்பயிர், நெல்மணி என்று இரண்டு கணு போடுகிறோம். மாறாக ஞாயிறு, கதிரவன், சூரியன் மூன்றுக்கும் ஒரே கணு போதும். ஆனால் ஞாயிற்றுக்கிழமைக்கு இன்னொரு கணு வேண்டும். நிகண்டுகள் இந்த இரண்டு வேலையையும் தனித்தனியாகவே செய்தன. திவாகரத்தில் ஒரு பொருளுக்குரிய பல பெயர்கள் முதல் பத்துத் தொகுதிகளில் வருகின்றன. ஒரு சொல்லுக்குரிய பல பொருள்களுக்குப் பதினோராம் தொகுதி தனியாக இருக்கிறது.

அடுத்து இணைப்பின் பெயர்கள். தொடக்கத்தில் ஐந்தாறுக்கு மேல் வைத்துக்கொள்ளக் கூடாது. 'வகை', 'ஒன்று' (தனிப்பொருள் தன் வகுப்பில் ஒன்று என்பது), 'பகுதி', 'பண்பு', 'ஆக்கம்' போதும். 'வகை' அம்பு எப்போதும் சிறப்பிலிருந்து பொதுவை நோக்கிப் போகட்டும். பண்பை, அது பொருந்தும் கணுக்களில் மிக மேலான கணுவில் ஒரே ஒரு முறை எழுத வேண்டும். ஆடுதுறை 43 → வகை → நெற்பயிர் → வகை → புல் → வகை → தாவரம். 'ஒளிச்சேர்க்கை செய்யும்' என்பதைத் தாவரத்தில் எழுதினால் நெல்லுக்கு மறுபடி எழுத வேண்டியதில்லை. கீழ்க்கணு மேலே ஏறிப் பண்பை எடுத்துக்கொள்ளும். இதுதான் மரபுரிமை. ஆயிரம் நெல் ரகங்கள் இருந்தாலும் அந்தப் பண்பு ஓரிடத்தில்தான் எழுதப்பட்டிருக்கும், திருத்துவதானாலும் ஓரிடத்தில்தான்.

பிழை நுழைவதும் இந்த வாசல் வழியாகத்தான். 'அரிசி ஒரு வகை நெல்' என்று யாராவது அம்பு போட்டுவிட்டார்கள் என்று வைத்துக்கொள்வோம். பேச்சில் அது பெரிதாக உறுத்தாது. ஆனால் நெல்மணியின் பண்புகளில் 'விதைத்தால் முளைக்கும்' என்று இருக்கிறது. மரபுரிமை அதை அப்படியே கீழே இறக்கி, தீட்டிய அரிசியும் முளைக்கும் என்று சொல்லிவிடும். தீட்டும்போது தவிட்டோடு முளைக்கருவும் போய்விடுகிறது. அந்த அரிசி முளைக்காது. 'எடையில் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு உமி' என்ற பண்பும் கூடவே இறங்கும், அரிசியில் உமியே இல்லாதபோதும். ஒரே ஓர் அம்பின் பெயர் தவறியதால் இரண்டு பொய். அங்கே 'வகை' அல்ல, 'ஆக்கம்' என்று எழுதியிருக்க வேண்டும். நெல்லிலிருந்து ஆக்கப்படுவது அரிசி. ஆக்கம் என்ற இணைப்பின் வழியே பண்புகள் தாமாக இறங்குவதில்லை.

இந்த வேறுபாட்டை நம் இலக்கணம் முன்பே பிரித்து வைத்திருக்கிறது. ஆறாம் வேற்றுமைக்குப் பொருள் சொல்லும் நன்னூல் தற்கிழமை, பிறிதின்கிழமை என்று இரண்டாக்கி, தற்கிழமையைப் பண்பு, உறுப்பு, ஒன்றன் கூட்டம், பலவின் ஈட்டம், திரிபின் ஆக்கம் என்று ஐந்தாகப் பகுக்கிறது. நிலவின் ஒளி பண்பு. யானையின் தந்தம் உறுப்பு. நெல்லின் குவியல் ஒன்றன் கூட்டம். பறவைகளின் திரள் பலவின் ஈட்டம். மஞ்சளின் பொடி திரிபின் ஆக்கம். 'முருகனின் கை', 'முருகனின் வீடு' என்ற இரண்டிலும் உருபு ஒன்றே. ஆனால் கை தற்கிழமை, வீடு பிறிதின்கிழமை. வலை வரைபவர் இரண்டுக்கும் 'உடையது' என்று ஒரே பெயர் எழுதினால், வீட்டை விற்றவுடன் முருகனுக்கு உறுப்புக் குறைந்ததாகக் கணக்கு வரும். தமிழில் இணைப்புப் பெயர்களுக்குப் பட்டியல் தேடுகிறவர்கள் நன்னூலின் அந்தச் சூத்திரத்திலிருந்து தொடங்கலாம். மொழிபெயர்த்த பட்டியல்களைவிட அது தெளிவாக இருக்கிறது.

தமிழுக்கே உரிய ஓர் இடறலும் உண்டு. 'காவிரி ஆறு', 'ஆறு நீர்நிலை', 'கடல்நீர் உப்பு' என்ற மூன்று தொடரிலும் நடுவே எந்த வினையும் இல்லை. முதலாவதில் ஒரு தனிப்பொருள் தன் வகுப்பைச் சேர்கிறது; இரண்டாவதில் ஒரு வகுப்பு பெரிய வகுப்புக்குள் அடங்குகிறது; மூன்றாவதில் பண்பு ஏறுகிறது. தமிழ் வாக்கியத்தைப் பார்த்து அம்பை மட்டும் போட்டுவிட்டுப் போனால் மூன்றும் ஒன்றுபோல் தோன்றும். 'இந்த மணி ஆடுதுறை 43, ஆடுதுறை 43 ஒரு ரகம், ஆகவே இந்த மணி ஒரு ரகம்' என்று வலை முடிவுகட்டுவது இப்படித்தான். ரகத்துக்கு வெளியிட்ட ஆண்டு உண்டு, மணிக்குக் கிடையாது. ஆங்கிலத்தில் வரைந்தவர்களும் தப்பவில்லை. இணைப்புக்கு உள்ளே என்னதான் இருக்கிறது என்று கணினி அறிஞர் வில்லியம் உட்ஸ் 1975இலேயே கேள்வி எழுப்பினார். 'இஸ்-ஏ' ('இது ஒரு') என்ற ஒரே இணைப்பை ஆளுக்கொரு பொருளில் பயன்படுத்துவதை ரொனால்ட் பிராக்மன் 1983இல் விரித்துக் காட்டினார்.

விதிவிலக்கு இன்னொரு தொல்லை. 'பறவை பறக்கும்' என்று மேலே எழுதினால் நெருப்புக்கோழியில் 'பறக்காது' என்று எழுதி, அருகிலுள்ள கணு சொல்வதே செல்லும் என்று விதி வைக்க வேண்டும். ஒரு கணுவுக்கு இரண்டு மேல்வகை இருந்தால் இந்த விதியும் கைகொடுக்காது. பாடநூல்களில் வரும் உதாரணம் அமெரிக்க அதிபராக இருந்த ரிச்சர்ட் நிக்சன். அவர் குவேக்கர் என்ற கிறித்தவப் பிரிவினர், குவேக்கர்கள் பொதுவாகப் போரை எதிர்ப்பவர்கள். அவர் குடியரசுக் கட்சிக்காரர். அக்கட்சியினர் பொதுவாக அப்படி அல்லர். இரண்டு வழியும் ஒரே தூரம். எதை ஏற்பது என்று வலைக்குத் தெரியாது. வரைபவர் முன்கூட்டியே முறை வகுத்திருக்க வேண்டும், அல்லது 'தெரியாது' என்று விடை வர விட வேண்டும்.

நினைவுக்கு வருவோம். கணினியில் இடம் மிச்சப்படுத்த எழுந்த இந்த அடுக்கு, மனித மனத்திலும் இருக்கிறதா என்று ஆலன் காலின்ஸும் குவில்லியனும் 1969இல் சோதித்தார்கள். திரையில் ஒரு வாக்கியம் தோன்றும். சரியா தவறா என்று இரண்டு பொத்தான்களில் ஒன்றை அழுத்த வேண்டும். கேனரி ஒரு சிறு பாடும் பறவை. 'கேனரி பாடும்' என்பதற்கு ஏறத்தாழ 1,310 மில்லிநொடி ஆயிற்று. 'கேனரி பறக்கும்' என்பதற்கு 1,380. 'கேனரிக்குத் தோல் உண்டு' என்பதற்கு 1,470. பாடுவது கேனரியின் கணுவிலேயே இருக்கிறது; பறப்பதற்குப் பறவைவரை ஒரு படி ஏற வேண்டும்; தோலுக்கு விலங்குவரை இரண்டு படி. படி ஒன்றுக்குச் சுமார் 75 மில்லிநொடி என்று கணக்கிட்டார்கள்.

இந்த முடிவு அப்படியே நிற்கவில்லை. நாயைப் பாலூட்டி என்று ஒப்புவதைவிட விலங்கு என்று மக்கள் விரைவாக ஒப்புகிறார்கள். அடுக்கில் பாலூட்டிதான் கிட்டே இருக்கிறது. ராபினைப் பறவை என்பதற்கும் கோழியைப் பறவை என்பதற்கும் படி ஒன்றே, ஆனால் நேரம் ஒன்றல்ல. வாயில் அடிக்கடி சேர்ந்து வரும் இணைகள்தாம் விரைவாகக் கிடைக்கின்றன என்று கேரல் கான்ராட் 1972இல் காட்டினார். எனவே காலின்ஸும் எலிசபெத் லாஃப்டஸும் 1975இல் அடுக்கைக் கலைத்துவிட்டு, நீளமும் வலுவும் வேறுபடும் இணைப்புகளைக் கொண்ட வலையை முன்வைத்தார்கள். ஒரு கணுவைத் தொட்டால் அந்தத் தூண்டல் அக்கம்பக்கத்துக் கணுக்களுக்குப் பரவும்; தொலைவு கூடக் கூடத் தணியும். தமிழில் இதைத் தூண்டல் பரவல் எனலாம். குளத்தில் எறிந்த கல்லின் அலையை நினைத்துக்கொண்டால் பாதி சரி. ஆனால் அலை எல்லாப் பக்கமும் ஒரே அளவாகப் போகும், தூண்டல் வலுவான இணைப்பின் வழியே அதிகம் போகும்.

இதற்கு வலுச்சேர்க்கும் சோதனை முன்பே நடந்திருந்தது. 1971இல் டேவிட் மேயரும் ரோஜர் ஷ்வானெவெல்ட்டும் இரண்டிரண்டு எழுத்துக்கோவைகளைக் காட்டி, இரண்டும் உண்மையான சொற்களா என்று கேட்டார்கள். 'ரொட்டி, வெண்ணெய்' போல உறவுடைய இணைக்குச் சுமார் 855 மில்லிநொடி. 'செவிலி, வெண்ணெய்' போன்ற உறவற்ற இணைக்குச் சுமார் 940. முதற்சொல்லைத் தொட்டவுடன் இரண்டாவதன் கணு பாதி விழித்துக்கொள்கிறது. இதோடு ஒரு சொல்லையும் பிரித்தறிய வேண்டும். உலகைப் பற்றிய பொது அறிவு பொருண்மை நினைவு. 'நேற்றுக் காலை என்ன சாப்பிட்டேன்' என்பது நிகழ்வு நினைவு. இந்தப் பகுப்பை 1972இல் செய்தவர் எண்டல் டல்விங். பொருண்மை வலையமைப்பு மாதிரி முதலாவதற்குத்தான். இரண்டாவதற்கு அதைப் பொருத்தப் பார்ப்பது பிசகு. கணு என்பது மூளையின் ஒரு நரம்பணு என்று எழுதுவதும் அப்படியே.

இன்று இந்த வலைகள் மிகப் பெரிய அளவில் இயங்குகின்றன. 2012இல் கூகுள் தன்னுடையதற்கு 'நாலெட்ஜ் கிராஃப்' என்று பெயர் வைத்தது. அதை 'அறிவு வரைபடம்' என்று பெயர்ப்பதால் நிலப்படம் என்ற எண்ணம் வருகிறது. 'அறிவு வலை' போதும். அதே ஆண்டு தொடங்கிய, விக்கிப்பீடியாவின் உடன்பிறப்பான விக்கித்தரவு என்ற திறந்த தரவுத்தளத்தில் ஒவ்வொரு செய்தியும் எழுவாய், உறவு, மதிப்பு என்ற மூன்று உறுப்பாகப் பதியப்படுகிறது. அங்கே 'ஒன்று' என்ற உறவு பி31, 'வகை' என்பது பி279, 'பகுதி' என்பது பி361. மூன்றையும் வேறு வேறு எண்ணில் பிரித்து வைத்திருப்பதே பழைய பிழைகளிலிருந்து கற்ற பாடம். அங்கே தமிழ்ப் பெயர் சேர்ப்பவர்கள் 'நெல்' என்று தட்டுவதற்கு முன், அந்த உருப்படி பயிரா, மணியா, அரிசியா என்று இந்த மூன்று வரிகளையும் திறந்து பார்த்துவிட்டு எழுத வேண்டும்.