இடைநிலை வருமானப் பொறி: ஒரு சொல் விளக்கம்

வறுமையிலிருந்து மீண்டு, தொழிற்சாலையும் நெடுஞ்சாலையும் கண்டு, பாதி உயரம் வரை விறுவிறுவென ஏறிவிட்ட ஒரு நாடு அதற்கு மேல் ஏற முடியாமல் பல பத்தாண்டுகள் அங்கேயே நின்றுவிடுகிறது. இந்த நிலைக்குப் பொருளியலில் 'மிடில் இன்கம் டிராப்' என்று பெயர். தமிழ் ஏடுகள் பெரும்பாலும் 'நடுத்தர வருமானப் பொறி' என்று எழுதுகின்றன. தென்கிழக்கு ஆசியாவின் எதிர்காலம் பற்றிப் பேசும் எவரும் இந்தச் சொல்லைத் தொடாமல் போவதில்லை. ஆனால் அதைப் பயன்படுத்துவோர் எல்லோரும் ஒரே பொருளில் பயன்படுத்துவதில்லை என்பதால் சற்று விரித்துச் சொல்ல வேண்டியிருக்கிறது.

'நடுத்தர' என்பதற்குப் பதில் நான் தலைப்பில் எழுதியிருக்கும் 'இடைநிலை' என்பது உலக வங்கியின் ஒரு வகைப்பாடு. ஒரு நாட்டின் மொத்த தேசிய வருமானத்தை மக்கள்தொகையால் வகுத்து, டாலருக்கு மாற்றி, ஒவ்வோர் ஆண்டும் ஜூலை 1 அன்று நாடுகளை நான்காகப் பிரிக்கிறார்கள். 2025 ஜூலையில் வெளியான அளவுகளின்படி 1,135 டாலர் வரை குறைந்த வருமானம், 4,495 டாலர் வரை கீழ் இடைநிலை, 13,935 டாலர் வரை மேல் இடைநிலை, அதைத் தாண்டினால் உயர் வருமானம். இதன்படி தென்கிழக்கு ஆசிய நாடுகளின் கூட்டமைப்பான ஆசியானில் சிங்கப்பூரும் புரூணையும் மட்டுமே உயர் வருமான நாடுகள். மலேசியா, தாய்லாந்து, இந்தோனேசியா மேல் இடைநிலையில் இருக்கின்றன. வியட்நாம், பிலிப்பைன்ஸ், கம்போடியா, லாவோஸ், மியன்மார், 2025 அக்டோபரில் பதினோராம் உறுப்பினராகச் சேர்ந்த கிழக்குத் திமோர் ஆகியவை கீழ் இடைநிலையில் உள்ளன. அவற்றுள் பிலிப்பைன்ஸ் மேல் வகுப்பைத் தொடச் சில பத்து டாலர்களே குறைவு.

இந்த எல்லைக்கோடுகளுக்கு அளவுக்கு மீறிய மதிப்புத் தரக்கூடாது. இந்தோனேசியா 2020இல் மேல் இடைநிலைக்கு உயர்ந்தது, கொரோனா அடித்ததும் 2021இல் கீழே இறங்கியது, 2023இல் மீண்டும் ஏறியது. இந்த மூன்று ஆண்டுகளில் அந்த நாட்டின் தொழில் அமைப்பு தலைகீழாகிவிடவில்லை. பொறி என்பது கோட்டைத் தாண்டுவது பற்றியதல்ல. பல ஆண்டுகள் சேர்ந்து உருவாகும் ஓர் இயலாமையைப் பற்றியது.

சொல் பிறந்தது 2007இல். உலக வங்கிக்காகக் கிழக்கு ஆசியா பற்றி ஆய்வறிக்கை எழுதிய இந்தர்மித் கில், ஹோமி கராஸ் என்னும் பொருளியலாளர்கள் இதை முதலில் கையாண்டார்கள். அந்த ஆண்டைக் கவனிக்க வேண்டும். 1997 ஜூலை 2 அன்று தாய்லாந்தின் பாட் நாணயம் சரிந்து, அந்தச் சரிவு இந்தோனேசியா, மலேசியா, தென்கொரியா என்று பரவிப் பத்தாண்டுகள் ஆகியிருந்தன. வட்டாரம் எழுந்துவிட்டது, ஏற்றுமதி நடக்கிறது, ஆனாலும் நெருக்கடிக்கு முந்தைய வேகம் தாய்லாந்துக்கும் மலேசியாவுக்கும் திரும்பவில்லை. ஏன் என்று கேட்டபோது கிடைத்த விடைக்கு அவர்கள் இட்ட பெயர்தான் இது. ஒரு பக்கம் குறைந்த கூலியில் செய்து தரும் ஏழை நாடுகள், மறுபக்கம் புதியதைக் கண்டுபிடித்து விற்கும் பணக்கார நாடுகள். இரண்டுக்கும் நடுவே நெருக்கப்படுவோர் இடைநிலை நாடுகள்.

இப்படி நடுவே நெருக்கப்படுவது எப்படி நிகழ்கிறது என்பதற்குப் பொருளியலாளர் ஆர்தர் லூயிஸ் 1954இல் எழுதிய கோட்பாடு இன்றும் நல்ல வழிகாட்டி. வயலில் தேவைக்கு மேல் ஆட்கள் இருக்கிறார்கள். அவர்களில் ஒரு பகுதியினர் தொழிற்சாலைக்குப் போனாலும் விளைச்சல் குறையாது, தொழிற்சாலையில் அவர்கள் கையால் விளையும் மதிப்போ பல மடங்கு. ஆகவே ஆட்கள் இடம்பெயர்வதாலேயே நாடு வளர்கிறது. எந்திரமும் தொழில்நுட்பமும் வெளியிலிருந்து வருகின்றன. உள்நாடு தர வேண்டியது நிலம், மின்சாரம், துறைமுகம், மலிவான உழைப்பு. ஒரு கட்டத்தில் கிராமத்தில் மிகை ஆட்கள் தீர்ந்துபோகிறார்கள். கூலி ஏறுகிறது. ஏறத்தான் வேண்டும், வளர்ச்சியின் நோக்கமே அதுதானே! ஆனால் கூலி ஏறிய அன்றே சட்டை தைக்கும் ஆலை அடுத்த நாட்டைப் பார்க்கத் தொடங்குகிறது. ஏறிய கூலிக்கு ஈடான மதிப்புள்ள பொருளைச் செய்யும் திறன் அதற்குள் கைவந்திருக்க வேண்டும். வராவிட்டால் அங்கேதான் கால் சிக்குகிறது.

இதனால்தான் 'பொறி' என்ற மொழிபெயர்ப்பு எனக்குப் பிடித்திருக்கிறது. சிலர் 'கண்ணி' என்றும் 'வலை' என்றும் எழுதிப் பார்த்திருக்கிறார்கள். கண்ணியும் வலையும் வேடன் ஒருவன் விரிப்பவை. இங்கே வேடன் இல்லை. பொறி என்பதற்கோ தமிழில் எலிப்பொறி என்ற பொருளும் உண்டு, இயந்திரம் என்ற பொருளும் உண்டு. பொறியியல் என்னும் இன்றைய சொல்லுக்கும் அதுவே வேர். மதுரைக் கோட்டையில் தானே வளைந்து அம்பெய்யும் கருவியைச் சிலப்பதிகாரம் 'வளைவிற் பொறி' என்கிறது. நாட்டை மேலே தூக்கிய இயந்திரமே அதைப் பிடித்து வைக்கும் சிறையாகவும் மாறுவதை இந்த ஒரே சொல் தாங்குகிறது.

'தேக்கம்' என்பாரும் உண்டு. அது பொருந்தாது. தேக்கம் என்றால் வளர்ச்சியே இல்லை என்று ஆகிவிடும். மலேசியா ஆண்டுக்கு நான்கைந்து விழுக்காடு வளர்ந்துகொண்டேதான் இருக்கிறது.

'வருமானம்', 'வருவாய்' இரண்டில் எது? 'மானம்' என்று முடிவதால் வருமானத்தை வடசொல் என்று ஒதுக்க வேண்டியதில்லை. தேய்மானம், கட்டுமானம், பிடிமானம் போல 'வரு' என்னும் தமிழ் வேரில் முளைத்த சொல் அது. வருவாய் என்பது வருவாய்த் துறை, வரி வருவாய் என்று அரசுக்கு வந்து சேரும் பணத்தைக் குறிக்கவும் பழகிவிட்டதால், 'இடைநிலை வருவாய்' என்றால் படிப்பவர் அரசின் வரவுசெலவை நினைக்கக்கூடும். ஆகவே வருமானமே இருக்கட்டும். 'நடுத்தர' என்பதைத்தான் மாற்ற வேண்டும் என்பேன். அது நடுத்தர வர்க்கத்தை நினைவூட்டுகிறது. குடும்பங்களின் வருமானம் பற்றிய பேச்சு என்ற மயக்கம் வருகிறது. இரண்டு நிலைகளுக்கு இடைப்பட்டது என்ற பொருள் தெளிவாக நிற்க 'இடைநிலை வருமானப் பொறி' என்பதே சரி.

சொல்லின் பொருள் உடலெடுத்து நிற்பதைப் பார்க்க விரும்பினால் மலேசியாவின் பினாங்கைப் பார்க்க வேண்டும். 1972இல் அங்குள்ள பாயான் லெப்பாஸில் சுங்க வரியற்ற தொழில் வட்டாரம் அமைந்தது. கணினிச் சில்லு செய்யும் இன்டெல் நிறுவனம் அமெரிக்காவுக்கு வெளியே தன் முதல் ஆலையை அங்கே நிறுவியது. உலகில் சில்லுகளைப் பொதிந்து சோதிக்கும் பணியில் ஏறத்தாழ 13 விழுக்காடு இன்று மலேசியாவில் நடக்கிறது. இது சிறிய சாதனை அல்ல. ஆனால் தைவானும் அதே காலத்தில் பாகங்களைப் பொருத்தித் தரும் அதே வகை வேலையில்தான் தொடங்கியது. 1973இல் அரசு ஒரு தொழில்நுட்ப ஆய்வு நிறுவனத்தை நிறுவியது, 1980இல் சிஞ்சு அறிவியல் பூங்கா வந்தது, 1987இல் சில்லு தயாரிக்கும் டிஎஸ்எம்சி நிறுவனம் பிறந்தது. சில்லின் நுட்பத்தைத் தைவான் தனதாக்கிக்கொண்டது. பினாங்கில் நுட்பம் பெரும்பாலும் வந்திறங்கிய நிறுவனத்தின் மதிலுக்குள்ளேயே நின்றுவிட்டது. 1991இல் பிரதமர் மகாதீர் அறிவித்த 'தூரநோக்கு 2020' மலேசியாவை வளர்ந்த நாடாக்க முப்பது ஆண்டு கெடு வைத்தது. கெடு கடந்துவிட்டது, இலக்கு எட்டவில்லை. 2025இல் சில்லு வடிவமைப்பு அறிவுக்காகப் பிரிட்டனின் ஆர்ம் நிறுவனத்துக்குப் பத்தாண்டுகளில் 25 கோடி டாலர் தர மலேசியா ஒப்பந்தம் செய்தது. தாமதமானாலும் சரியான திசை அதுதான் என்று நம்புகிறேன்.

தாய்லாந்தின் கதை வேறு. கார் உற்பத்தியில் பெயர் பெற்ற நாடு, ஆனால் 2021 முதல் அங்கே பிறப்பைவிட இறப்பு அதிகம். குடும்பங்களின் கடன் நாட்டின் மொத்த உற்பத்தியில் பத்தில் ஒன்பது பங்கை ஒட்டி நிற்கிறது. பணக்கார நாடாகும் முன்பே முதுமை வந்துவிட்டது என்பது அங்கே சொல்லிச் சொல்லிப் பழகிய கவலை.

இந்தோனேசியா நிக்கல் தாதுவை அப்படியே ஏற்றுமதி செய்வதை 2020 தொடக்கத்தில் தடை செய்து, உருக்காலைகளைத் தன் மண்ணுக்கு வரவழைத்தது. சுலாவேசித் தீவில் ஆலைகள் வந்தன. பணமும் நுட்பமும் பெரும்பாலும் சீனாவுடையவை, மின்சாரம் நிலக்கரியிலிருந்து. தாதுவுக்கு மதிப்புக் கூடியது உண்மை. அந்த நுட்பம் இந்தோனேசியப் பொறியாளர்களின் கைக்கு வருகிறதா என்பதுதான் கேள்வி. ஆராய்ச்சிக்கு அந்த நாடு செலவிடுவது மொத்த உற்பத்தியில் அரை விழுக்காட்டுக்கும் குறைவு. தென்கொரியா ஏறத்தாழ 5 விழுக்காடு செலவிடுகிறது.

வியட்நாம் இன்னும் பொறியின் வாயை நெருங்கவில்லை, ஆனால் அதன் தடம் அங்கேதான் போகிறது. 1986இல் 'தொய் மொய்' என்னும் பொருளாதாரச் சீர்திருத்தம் தொடங்கியது முதல் அது ஏறிய வேகம் வியக்கத்தக்கது. 2045க்குள் உயர் வருமான நாடாவது என்பது அறிவித்த இலக்கு. ஏற்றுமதியில் 70 விழுக்காட்டை ஒட்டிய பங்கு வெளிநாட்டு முதலீட்டு நிறுவனங்களுடையது. 2025 ஏப்ரலில் அமெரிக்கா வியட்நாம் பொருள்களுக்கு 46 விழுக்காடு வரி என்று அறிவித்து, பிறகு 20 ஆக்கியபோது, பிறருடைய சந்தையையும் பிறருடைய நுட்பத்தையும் ஒருசேர நம்பியிருப்பதன் ஆபத்து வெளிப்பட்டது.

பொறி என்று ஒன்று உண்டா என்று கேட்பாரும் இருக்கிறார்கள். 1960இல் இடைநிலையில் இருந்த 101 பொருளாதாரங்களில் 2008க்குள் 13 மட்டுமே உயர் வருமானத்தை எட்டின என்ற உலக வங்கிக் கணக்கு அடிக்கடி மேற்கோளாகிறது. பொருளியலாளர்கள் லான்ட் பிரிட்செட்டும் லாரன்ஸ் சம்மர்ஸும் 2014இல் வைத்த மறுப்பு வலுவானது: வேகமாக வளரும் எந்த நாடும் சில காலத்தில் உலகச் சராசரி வேகத்துக்குத் திரும்புவது இயல்பு, அதற்கு இடைநிலை என்ற தனிக் காரணம் தேவையில்லை. நான் இதைப் பாதி ஏற்கிறேன். வேகம் குறைவது இயல்பாகவே இருக்கலாம். குறைந்த பிறகு எதை மாற்ற வேண்டும் என்று தேடுவோருக்குச் சராசரிக் கணக்கு உதவாது. உலக வங்கியின் 2024 வளர்ச்சி அறிக்கை அந்தத் தேடலுக்கே முழுவதும் ஒதுக்கப்பட்டது. முதலில் முதலீடு, பிறகு வெளிநாட்டு நுட்பத்தை உள்வாங்கிப் பரப்புதல், அதன் பின் புத்தாக்கம் என்று அது மூன்று கட்டம் பிரிக்கிறது. 1990க்குப் பிறகு மேலேறிய 34 பொருளாதாரங்களில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் ஐரோப்பிய ஒன்றியத்தில் இணைந்ததாலோ புதிதாக எண்ணெய் கண்டதாலோ ஏறியவை என்றும் அது சொல்கிறது. தென்கிழக்கு ஆசியாவின் பெரிய நாடுகளுக்கு அந்த இரண்டு வழியும் இல்லை. நடுக்கட்டமான உள்வாங்குதலைத் தாண்டிக் குதித்து, நேரே புத்தாக்கத்துக்குப் போக முயல்வதையும் அறிக்கை தவறு என்கிறது.

பயன்பாடு பற்றி ஒரு குறிப்பு. அந்நியச் செலாவணி தீர்ந்து கடனைத் திருப்பித் தர முடியாமல் நிற்பதை இந்தச் சொல்லால் குறிக்கக்கூடாது. லாவோஸின் கடன் சுமையையும் 2022இல் இலங்கை கண்ட நெருக்கடியையும் 'இடைநிலை வருமானப் பொறி' என்று எழுதுவதைச் சில இடங்களில் காண முடிகிறது. அவை கடன் நெருக்கடிகள். கடனே இல்லாத நாடும் இடைநிலைப் பொறியில் சிக்கலாம். அதேபோல் ஓராண்டு வளர்ச்சி குறைந்தவுடன் 'பொறியில் விழுந்தது' என்று தலைப்பிடுவதும் தவறு. அதற்கு 'மந்தநிலை' என்ற சொல் போதும்.