கிரிக்கெட் மட்டை ஏன் நேராக வர வேண்டும்?

ராமேஸ்வரம் பக்கத்து மண்டபம் கடற்கரையில் காய்ந்த மணலில் பந்தைக் குத்தினால் அங்கேயே உட்கார்ந்துவிடும். அலை நனைத்துவிட்டுப் போன கெட்டி மணலில்தான் எழும்பும். அதுவும் ஒரு பந்து முழங்காலுக்கு வரும், அடுத்தது கணுக்காலோடு உருளும். அங்கேதான் மாவட்ட அளவில் ஆடும் ஓர் அண்ணனிடம் பேட்டிங் கற்றுக்கொண்டேன். முதல் நாளே சொல்லிவிட்டார்: "குறுக்கே சுத்தாதடா தம்பி, நேரா கொண்டு வா."

அளவைப் பார்த்தால் காரணம் புரியும். விதிப்படி மட்டையின் அகலம் 10.8 செ.மீ.யைத் தாண்டக்கூடாது. பலகையின் நீளமோ அரை மீட்டருக்கும் மேல். செங்குத்தாக வரும் மட்டைக்குப் பந்து எழும்பினாலும் தாழ்ந்தாலும் கவலையில்லை, எங்காவது படும். குறுக்கே சுற்றினால் உயரத்தை மறைக்க அந்த 10.8 செ.மீ.தான். நினைத்ததைவிட ஒரு முஷ்டி அளவு பந்து தாழ்ந்தால் போதும், ஸ்டம்ப் காலி.

சரி, நேராகத்தானே வீசுகிறோம், மட்டை ஏன் கோணிக்கொள்கிறது? வலது கைக்காரருக்கு மேலே இருக்கும் இடது கைதான் திசையைப் பிடித்து வைக்கிறது. கீழ்க்கை இறுகினால் மட்டையை லெக் பக்கம், அதாவது கால் பக்கம், இழுத்துவிடும். அண்ணன் ஒரு சிப்பியைப் பொறுக்கி, என் வலது உள்ளங்கைக்கும் கைப்பிடிக்கும் நடுவே வைத்தார். "உறுத்துச்சுன்னா இறுக்குறேன்னு அர்த்தம்." அன்று முழுக்க உறுத்தியது.

அப்புறம் கண். 140 கி.மீ. வேகப் பந்து மட்டைக்கு வர ஏறக்குறைய அரை நொடிதான். 'பந்தைவிட்டுக் கண்ணை எடுக்காதே' என்பார்கள். கண் அப்படிச் செய்வதில்லை. மைக்கேல் லேண்ட், பீட்டர் மெக்லியோட் என்ற இரு ஆய்வாளர்கள் மட்டையாளர்களின் கண் அசைவை அளந்து 2000இல் முடிவை வெளியிட்டார்கள். பந்து கிளம்பியதைப் பார்த்ததும், அது குத்தப்போகும் இடத்துக்குக் கண் முன்னதாகவே தாவிக் காத்திருக்கிறது. நல்ல ஆட்டக்காரருக்கு அந்தத் தாவல் சீக்கிரமே நடக்கிறது. தலை ஆடினால் இந்தக் கணிப்பு குழம்பும். "மண்டைய ஆட்டாத" என்று அண்ணன் கத்தியது இதற்குத்தான்.

"அப்ப இழுத்து அடிக்கிற புல் ஷாட் குறுக்கதானண்ணே?" என்றேன். அது ஷார்ட் பந்துக்கு. தூரத்திலேயே குத்திவிடுவதால், எவ்வளவு எழும்புகிறது என்று பார்க்க நேரம் கிடைக்கும். எங்கள் மணலில் அப்படி நெஞ்சு உயரத்துக்கு வந்தது ஒரே ஒரு பந்து. விட மனசில்லாமல் சுழற்றினேன், நன்றாகவே பட்டது. கச்சான் காற்றில் போய்க் கடலில் விழுந்தது. எங்கள் கரையில் கடலுக்குள் அடித்தால் அவுட்.