புறம்போக்கு ஆக்கிரமிப்பு: மனு எழுதும் முன் பதிவேட்டைப் பாருங்கள்

ஊர்ப் பொதுப்பாதையை அடைத்துச் சுவர் எழுப்பிவிட்டார்கள், பலமுறை மனு கொடுத்தும் பயனில்லை என்று வருவோரிடம் நான் முதலில் அந்த மனுக்களின் நகலைக் கேட்பது வழக்கம். யார் அடைத்தார், அவருக்கு யார் துணை என்பதெல்லாம் அவற்றில் விரிவாக இருக்கும். நிலத்தின் சர்வே எண்ணான புல எண் மட்டும் இருக்காது. அத்தகைய மனு திங்கட்கிழமைக் குறைதீர் கூட்டத்தில் பெறப்பட்டு, வட்டாட்சியர் வழியாகக் கிராம நிர்வாக அலுவலரிடம் போய், ஒரு வரி அறிக்கையோடு முடிந்துவிடுவதில் வியப்பில்லை.

நிலம் தனியார் பட்டாவா, அரசுப் புறம்போக்கா என்று புல எண் வாரியாகக் காட்டும் 'அ' பதிவேடும், அதன் எல்லைகளைக் காட்டும் புலப்படமும் கையில் இல்லாமல் எந்த நடவடிக்கையிலும் இறங்கக் கூடாது. அண்மையில் ஒரு வண்டிப்பாதைத் தகராற்றில் இவ்விரண்டின் நகலையும் வாங்கிப் பார்த்தபோது, தலைமுறைகளாக ஊரார் நடந்த அந்தப் பாதை புறம்போக்கே அல்ல, தனியார் பட்டா நிலத்தின் ஓரம் என்று தெரிந்தது. அங்கே ஆக்கிரமிப்புச் சட்டம் செல்லாது. இருபது ஆண்டுகளுக்கும் மேலாகத் தடையின்றி, உரிமையாகப் பயன்படுத்தியதைக் காட்டி, 1882ஆம் ஆண்டு வசதியுரிமைச் சட்டத்தின்படி (பிறர் நிலத்தில் வழி போன்றவற்றுக்கான உரிமை பற்றியது) உரிமையியல் நீதிமன்றத்தைத்தான் நாட வேண்டும்.

நிலம் புறம்போக்குதான் என்று உறுதியானால், தமிழ்நாட்டில் முதன்மையான கருவி 1905ஆம் ஆண்டு நில ஆக்கிரமிப்புச் சட்டம். பிரிவு 7இன்படி அறிவிப்புக் கொடுத்து, விளக்கம் கேட்டு, அதன் பிறகே பிரிவு 6இன்படி அகற்ற முடியும். அறிவிப்பு இல்லாமல் பொக்லைன் கொண்டுவந்து இடித்தால், அந்த ஒரு குறையைக் காட்டியே ஆக்கிரமித்தவர் தடையாணை பெற்றுவிடுவார். அதிகாரியை அவசரப்படுத்தும் ஊரார் இதை நினைவில் வைக்க வேண்டும். பொதுப்பணித் துறையின் கட்டுப்பாட்டில் இருந்த ஏரிகளுக்கென 2007ஆம் ஆண்டு தனிச் சட்டமே வந்தது. ஊராட்சி ஒன்றியத்தின் பொறுப்பிலுள்ள சிறு கண்மாய்களுக்கு அது பொருந்தாது என்பதால், நீர்நிலை யாருடையது என்பதையும் முன்கூட்டியே பார்த்துக்கொள்வது நல்லது.

மறுதரப்பு பெரும்பாலும் நீட்டுவது பி மெமோ ரசீதை. அது ஆக்கிரமிப்பைப் பதிவு செய்து தீர்வையும் (நிலவரி) அபராதமும் வசூலித்ததற்கான சான்றே தவிர, உரிமை ஆவணம் அன்று. தீர்வை செலுத்துவதால் அனுபோக உரிமை பிறக்காது என்று 1905ஆம் ஆண்டுச் சட்டமே சொல்கிறது. நெடுங்கால அனுபவம், செலவழித்த பெருந்தொகை ஆகியவற்றைக் காட்டி ஆக்கிரமிப்பை வரன்முறைப்படுத்த முடியாது என்று 2011இல் ஜக்பால் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றமும் கூறியது. நிலமற்ற தொழிலாளர்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் அரசு ஆணைப்படி குத்தகையாகத் தரப்பட்ட நிலம், பள்ளி, மருந்தகம் போன்ற பொதுப்பயன்பாடு உள்ள இடம் ஆகியவற்றுக்கு அதே தீர்ப்பு விலக்கு அளித்திருப்பதைப் பலர் படிப்பதில்லை.

பாதையோ வாய்க்காலோ அடைபட்டு உடனடித் தொல்லை ஏற்பட்டால், பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா பிரிவு 152இன்படி (பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் பிரிவு 133) கோட்டாட்சியரிடம் மனு செய்யலாம். பொதுத்தொல்லைக்கு எதிராக, நீதிமன்ற அனுமதியுடன் இருவரோ அதற்கு மேற்பட்டோரோ வழக்குத் தொடர உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் பிரிவு 91 இடமளிக்கிறது. வீட்டு வாசலே மறிக்கப்பட்டதுபோல் தனிப்பட்ட பாதிப்பு இருப்பவருக்கு அந்த அனுமதி தேவையில்லை. உயர் நீதிமன்றத்தில் நீதிப்பேராணை (ரிட்) கோருவது இவற்றுக்குப் பிறகுதான். புல எண்ணோடு விரைவஞ்சலில் அனுப்பிய மனுவும் அது சேர்ந்ததற்கான ஒப்புகையும் இல்லாவிட்டால், அதிகாரி கடமை தவறினார் என்று அங்கே காட்டுவது கடினம்.

அறிவிப்பு உங்கள் வீட்டுக்கே வந்தாலும் முதலில் பார்க்க வேண்டியது அதே 'அ' பதிவேட்டைத்தான். நிலம் கிராம நத்தம் (ஊர்க் குடியிருப்புக்கென ஒதுக்கிய நிலம்) என்று அதில் இருந்து, நீங்கள் அங்கே வீடு கட்டிக் குடியிருந்தால், அது அரசின் நிலமே அல்ல என்ற வலுவான வாதம் உங்களுக்கு உண்டு. அதைக் குறித்த நாளுக்குள் எழுத்தில் தெரிவித்து, பதில் பெற்றதற்கான முத்திரையை நகலில் வாங்கிக்கொள்ளுங்கள்.