ஓபரெட்டா: சிற்றிசை நாடகமா, மெல்லிசை நாடகமா?

ஜெர்மானியத் திரைப்பட இயக்குநர் கேயோர்க் யாக்கோபியைப் பற்றிய தமிழ்க் குறிப்பொன்று, அவரைச் 'சிற்றிசை நாடகப் படங்களின் இயக்குநர்' என்கிறது. 'ஓபரெட்டா' என்னும் இலேசான இசை நாடக வகையை அது அப்படித் தமிழாக்குகிறது. இந்தச் சொல்லாட்சியை முன்பும் பலமுறை கண்டு பொறுத்துக்கொண்டதுண்டு, இம்முறை முடியவில்லை. நிறைந்த ஆடலும் பாடலுமாக முழுநீளப் படங்கள் எடுத்தவரை, ஏதோ குறும்படக்காரரைப் போல அது காட்டுகிறது.

'ஓபரெட்டா' இத்தாலியச் சொல்; ஜெர்மன் மொழியில் 'ஓபரெட்டே'. உழைப்பையும் அதன் விளைவான படைப்பையும் குறிப்பதோடு, பாடி நடிக்கும் இசை நாடகத்துக்கும் பெயரான 'ஓபரா' என்ற சொல்லோடு சிறுமை விகுதி சேர்ந்து பிறந்தது. சொற்பிறப்பு அவ்வளவுதான். நம் மொழிபெயர்ப்பாளர்கள் அந்த விகுதியைக் கண்டவுடன் அகராதியை மூடிவிடுகிறார்கள்.

அவர்கள் பக்கம் நியாயமே இல்லை என்று சொல்லமாட்டேன். கொலோன் நகரில் பிறந்த ஓபரெட்டா இசையமைப்பாளர் ஓஃபன்பாக் 1855இல் பாரிசில் தம் அரங்கைத் தொடங்கியபோது, சில பாத்திரங்களே வரும் ஓரங்க நாடகங்களை மட்டும் நடத்தவே அவருக்கு உரிமம் இருந்தது. அன்று அவை உண்மையிலேயே சிறியவை. ஆனால், 1874இல் வியன்னாவில் அரங்கேறிய இளைய யோஹான் ஸ்ட்ராஸின் 'வௌவால்' என்ற ஓபரெட்டா மூன்று அங்கங்கள் கொண்டது. அதைவிட மிகக் குறுகிய லியோன்கவாலோவின் 'பாலியாச்சி'யை எவரும் ஓபரெட்டா என்பதில்லை, அது ஓபராதான். ஆகவே வேறுபாடு நீளத்தில் இல்லை. பாட்டுக்கிடையே வரும் பேச்சிலும், நடனத்திலும், காதல் குழப்பத்திலும், கேட்டவுடன் வாயில் ஒட்டிக்கொள்ளும் மெட்டிலும் இருக்கிறது. ஜெர்மானியர் இத்தகைய கலையை 'லைஷ்டெ மூஸே', அதாவது 'இலேசான கலைமகள்' என்கிறார்கள். 'சின்னக் கலைமகள்' என்பதில்லை.

யாக்கோபியின் வாழ்க்கையே இதற்குச் சான்று. மைன்ஸ் நகரில் பிறந்த அவருடைய தந்தை வில்ஹெல்ம் யாக்கோபி, புகழ்பெற்ற கேலிநாடகமான 'பென்சியோன் ஷொல்ல'ரை இணைந்து எழுதியவர். மகன் அதை 1930, 1952, 1960 என மூன்று முறை படமாக்கினார். ஊமைப்படக் காலத்தில் 'குவோ வாதிஸ்' போன்ற பிரம்மாண்டத்திலும் கைவைத்தவர், பேசும்படம் வந்தபின் இலேசான கலையிலேயே நிலைத்துவிட்டார். ஓபரெட்டா இசையமைப்பாளர் மில்லக்கரின் 'பிச்சைக்கார மாணவன்' 1936இலும் 'கஸ்பரோனே' 1937இலும் அவர் இயக்கத்தில் படமாயின. இன்னொரு ஓபரெட்டா இசையமைப்பாளரான கால்மானின் 'சார்தாஷ் இளவரசி'யை 1934இலும் 1951இலும் இருமுறை எடுத்தார். அவருடைய மனைவி மாரிகா ரோக் நடிக்க, 1941இல் அவர் இயக்கி வெளிவந்த 'பெண்களே சிறந்த ராஜதந்திரிகள்', ஜெர்மனியின் முதல் முழுநீள வண்ணப்படம். இவற்றில் எது 'சிறியது'?

'சிற்றிசை' என்ற சொல்லிலேயே இன்னொரு சிக்கலும் உண்டு. கடைச்சங்க நூல்களாக இறையனார் களவியல் உரை அடுக்கும் வரிசையில் 'சிற்றிசையும் பேரிசையும்' வருகின்றன. மறைந்துபோன ஒரு பழந்தமிழ் நூலின் பெயரைத் தட்டியெடுத்து, வியன்னாவின் வால்ட்ஸ் நடன இசைக்குச் சூட்டுவதைத் தனித்தமிழ்ப் பற்று என்று எப்படிச் சொல்வது? தூய்மை வேண்டுவோர் சிகரெட்டுக்குக் கண்ட சொல்லைப் பார்க்கட்டும். அதுவும் சுருட்டைக் குறிக்கும் சொல்லோடு சிறுமை விகுதி சேர்ந்து பிறந்ததே. எனினும் தமிழில் அதை ஆக்கியவர்கள் விகுதியைப் பெயர்க்காமல், பொருளைப் பார்த்து 'வெண்சுருட்டு' என்றார்கள்.

'மெல்லிசை நாடகம்' என்பதே பொருந்தும். வானொலியும் மேடைகளும் நெடுங்காலமாக 'மெல்லிசை'யைப் பழக்கிவைத்திருக்கின்றன. 'இசை நாடகம்' ஓபராவுக்கு இருக்க, அதன் இலேசான இளையவளை இது தெளிவாகப் பிரித்துக் காட்டுகிறது. கச்சேரி மேடையின் நினைவு வரும் என்று சிலர் தயங்கலாம். வந்தால் வரட்டும், அந்த நினைவும் மெட்டின் இயல்பைத்தான் சொல்கிறது.

ஒரு வேறுபாட்டை மட்டும் காக்கவேண்டும். 'கஸ்பரோனே'யைப் போல மேடையிலிருந்து திரைக்கு வந்ததே 'மெல்லிசை நாடகப் படம்'. ஃபிரான்ஸ் குரோத்தே திரைக்கென்றே இசையமைத்த, யாக்கோபியின் 1944ஆம் ஆண்டு 'என் கனவு மங்கை'யை அப்படிச் சொல்லக்கூடாது. அதற்கு 'ஆடல்பாடல் படம்' என்ற வழக்கமான சொல்லே போதும்.