மூலம்னு யார் பார்த்து சொன்னாங்க?

ஓபில வந்து உக்கார்றவங்க பாதி பேர் "டாக்டர், எனக்கு மூலம் இருக்கு"ன்னு தான் ஆரம்பிப்பாங்க. மோஷன்ல ரத்தம் போகுதுன்னு சொல்ல மாட்டாங்க, நேரா டயக்னோசிஸையே சொல்லிடுவாங்க. யார் பார்த்து சொன்னாங்கன்னு கேட்டா யாருமே பார்த்திருக்க மாட்டாங்க. பக்கத்து வீட்டு அண்ணனுக்கும் இப்படித்தான் இருந்துச்சாம், மெடிக்கல்ல ஆயின்ட்மென்ட் குடுத்தாங்களாம், இல்லைன்னா ஆபரேஷன் இல்லாமல் மூலம் பௌத்திரம் குணமாகும்னு போர்டு போட்ட ஒரு எடத்துல ஊசி போட்டுக்கிட்டாங்களாம். கருணைக்கிழங்கு, துத்தி இலை, மோர், "உடம்பு சூடு"ன்னு எண்ணெய் குளியல் எல்லாம் முடிச்சு, ஆறு மாசமோ ஒரு வருஷமோ கழிச்சு தான் வர்றாங்க. இதுல நெறைய பேருக்கு நெஜமாவே மூலம் தான் இருக்கும், பயமுறுத்துறதுக்காக இத எழுதல. ஆனா மலக்குடல் கேன்சர்னு வர்ற அந்த கொஞ்ச பேரோட கதையும் இதே மாதிரி, இதே கருணைக்கிழங்குல இருந்து தான் ஆரம்பிச்சிருக்கும்.

ரத்தம் எப்படி வருதுன்னு கேட்டாலே கொஞ்சம் புரியும். மூலத்துல வலி இருக்காது, மோஷன் போன பிறகு பளிச்னு சிவப்பா சொட்டும், சில பேருக்கு பீச்சி அடிக்கும். ஃபிஷர்னா, அதாவது ஆசனவாய்ல வெடிப்புன்னா, கத்தி வச்சு கீறுன மாதிரி வலி, போயிட்டு வந்தும் ஒரு மணி நேரம் எரியும், ரத்தம் கோடு மாதிரி ஒட்டியிருக்கும். கேன்சர்ல ரத்தம் மலத்தோட கலந்து கொஞ்சம் கருஞ்சிவப்பா, கூடவே சளி மாதிரி வரும், போயிட்டு வந்த அஞ்சு நிமிஷத்துல மறுபடி போகணும் போல முக்கல் எடுக்கும், போனா வெறும் சளியும் ரத்தமும் தான் வரும். இந்த முக்கலை மட்டும் தயவுசெஞ்சு லேசா விடாதீங்க, மூலத்துல இது அவ்வளவா இருக்காது. இவ்வளவு சொன்னாலும் ஆசனவாய்க்கு பக்கத்துலயே கேன்சர் கட்டி இருந்தா அதுவும் பளிச்னு சிவப்பா தான் ரத்தம் வடியும், அதனால கலரை மட்டும் வச்சு யாரும் முடிவு பண்ண முடியாது, நானும் பண்ண மாட்டேன். இன்னொன்னு, மூலம் இருக்குன்னு உறுதியாவே தெரிஞ்சாலும் அது கேன்சர் இல்லங்கறதுக்கு சர்டிபிகேட் கிடையாது. ரெண்டும் ஒரே ஆளுக்கு இருக்கலாம், கீழ மூலம் கண்ணுக்கு தெரியுது, மேல கட்டி தெரியல, அவ்வளவு தான் வித்தியாசம்.

இதுக்கு மொத டெஸ்ட் பத்து பைசா செலவு இல்லாதது. இடது பக்கம் திரும்பி முழங்காலை மடக்கி படுத்தா, கிளவுஸ் போட்ட விரலை வச்சு அரை நிமிஷத்துல பார்த்துடலாம். மலக்குடல் சுமார் 12-15 சென்டிமீட்டர் நீளம், விரல் 7-8 சென்டிமீட்டர் வரைக்கும் எட்டும், நம்ம நாட்டுல பெருங்குடலோட மேல்பகுதிய விட மலக்குடல்ல வர்ற கேன்சர் கணிசமா இருக்கு, அப்போ எத்தனை கட்டி அந்த விரலுக்கே சிக்கும்னு நெனச்சு பாருங்க. ஆனா கூச்சம். பேஷண்டுக்கும் கூச்சம், சொல்லப்போனா சில டாக்டர்களுக்கும் அவசரமும் கூச்சமும், வெளியில கூட்டம் நிக்குது, மாத்திரைய எழுதி அனுப்பிடுறாங்க. பொம்பளைங்க நெலம இன்னும் மோசம், வீட்டுக்காரர்கிட்டயே சொல்லாம வருஷக்கணக்கா வச்சிருப்பாங்க. லேடி டாக்டர் வேணும்னா கேளுங்க, இல்லைன்னா ஒரு நர்ஸ் கூட நிக்கணும்னு கேளுங்க, அது உங்க உரிமை. பார்க்காமலே மூலம்னு சீட்டு எழுதி குடுத்தா, "ஒருதடவை பரிசோதனை பண்ணிடுங்க சார்"னு நீங்களே கேட்டுடுங்க.

எல்லாருக்கும் ரத்தம் கண்ணுக்கு தெரியும்னும் இல்ல. பெருங்குடல்ல வலது பக்கம் குழாய் அகலம், மலமும் அங்க தண்ணியா தான் இருக்கும், அதனால கட்டி பெருசாகுற வரைக்கும் அடைக்காது, ரத்தம் துளித்துளியா கசிஞ்சு மலத்தோட கலந்து காணாம போயிடும். இவங்க எப்படி வருவாங்கன்னா மூச்சு வாங்குது, மாடிப்படி ஏற முடியல, ஹீமோகுளோபின் 7னு வருவாங்க. பேரிச்சம்பழம், முருங்கைக்கீரை, அயர்ன் மாத்திரை குடுத்து 10க்கு ஏத்தி அனுப்பிடுவாங்க, மூணு மாசத்துல மறுபடி 7. ஐம்பது அறுபது வயசு ஆம்பளைக்கும், மாதவிடாய் நின்ன பொம்பளைக்கும் இரும்புச்சத்து கொறையுதுன்னா ரத்தம் எங்கயோ போகுதான்னு தேடியே ஆகணும், வாய் வழியா கேமரா குழாய் விட்டு இரைப்பைய பார்க்குற எண்டோஸ்கோப்பி, ஆசனவாய் வழியா விட்டு பெருங்குடல பார்க்குற கொலனோஸ்கோப்பி ரெண்டும். அயர்ன் மாத்திரை போட்டா மலம் கருப்பா தான் போகும், பீட்ரூட் சாப்பிட்டா மறுநாள் செவப்பா போகும், அத பார்த்து ராத்திரி முழுக்க தூங்காம வந்தவங்களும் இருக்காங்க, அவங்கள சிரிச்சு அனுப்பி வைப்பேன்.

இடது பக்கம் கதை வேற. குழாய் குறுகல், மலம் கெட்டி, அதனால மலச்சிக்கல், கொஞ்ச நாள் பேதி, மறுபடி சிக்கல்னு மாறி மாறி வரும், கடைசில வயிறு உப்பி அடைப்போட நேரா எமர்ஜென்சி.

ரொம்ப கஷ்டமான எடம் எதுன்னா வலது அடிவயிறு, சிறுகுடலும் பெருங்குடலும் சேர்ற அந்த ஜங்ஷன். அங்க ஒரு தடிப்புன்னு ஸ்கேன்ல வந்தா வெளிநாட்டு புத்தகத்துல கேன்சர், க்ரோன்ஸ் (குடல்ல நீண்ட நாள் வீக்கமும் புண்ணும் வர்ற நோய்)னு போட்டிருக்கும், நம்ம ஊர்ல குடல் டிபிய மொத வரிசையில வைக்கணும், அப்புறம் அமீபா கட்டி, அப்பெண்டிக்ஸ் வெடிச்சு திரண்ட கட்டி எல்லாம் இருக்கு. சாயங்காலம் காய்ச்சல், ராத்திரி வேர்வை, சின்ன வயசு, சிறுகுடலும் சேர்ந்து தடிச்சிருக்கு, பக்கத்துல நெறிக்கட்டி நடுவுல அழுகின மாதிரி தெரியுதுன்னா டிபி பக்கம் சாயலாம். கொஞ்ச தூரம் மட்டும் ஒருபக்கமா தடிச்சு சட்டுனு நிக்குதுன்னா கேன்சர் பக்கம். ஆனா ரெண்டுலயும் எடை கொறையும், ரெண்டுலயும் பசி போகும், ஸ்கேன்ல ரெண்டும் ஒன்னு மாதிரியே உக்காந்திருக்கும். அதனால ஸ்கேன மட்டும் பார்த்து டிபி மாத்திரை ஆரம்பிக்கறதும் தப்பு, கேன்சர்னு வீட்டுல அழ ஆரம்பிக்கறதும் தப்பு. கொலனோஸ்கோப்பில உள்ள போய் நாலஞ்சு எடத்துல சதை எடுத்து (இது தான் பயாப்சி), மைக்ராஸ்கோப்ல பார்க்க பேத்தாலஜிக்கும் அனுப்பணும், டிபி கிருமி வளருதான்னு பார்க்குற கல்ச்சர், கிருமியோட ஜீன தேடுற ஜீன்எக்ஸ்பர்ட் டெஸ்டுக்கும் அனுப்பணும். குடல் டிபில கிருமி கம்மியா தான் இருக்கும், அதனால நெகடிவ்னு வந்தாலே டிபி இல்லைன்னு ஆகாது. சில கேஸ்ல எல்லாம் பார்த்தும் முடிவு தெரியாம டிபி மருந்து ஆரம்பிக்கிறோம், அப்ப ரெண்டு மாசத்துல மறுபடி ஸ்கோப் போட்டு புண்ணு ஆறுதான்னு பார்க்கணும். ஆறலைன்னா நம்ம நெனச்சது சரியில்லைன்னு அர்த்தம். பேஷண்ட் இங்க தான் நழுவிடுவாங்க, "பசி எடுக்குது சார், நல்லா இருக்கேன்"னு வர மாட்டாங்க.

சின்ன வயசுக்காரங்க விஷயம். 28 வயசு, ஐடில வேலை, வயித்து வலி, உப்புசம், மோஷன் போனா வலி கொறையுது, டென்ஷன் ஆனா ஜாஸ்தி ஆகுது, எடை கொறையல, ரத்தம் இல்ல, ராத்திரி தூக்கத்துல எழுப்பலன்னா அது ஐபிஎஸ்ஸா, அதாவது குடல்ல புண்ணோ கட்டியோ இல்லாம அது வேலை செய்யுற விதத்துல மட்டும் வர்ற தொந்தரவா, இருக்க வாய்ப்பு அதிகம். ஆனா அதே பையனுக்கு ரத்தம் வருதுன்னா வயச பார்த்து விடக்கூடாது. பிளாக் பாந்தர் நடிகர் சாட்விக் போஸ்மேனுக்கு 2016ல பெருங்குடல் கேன்சர மூணாவது ஸ்டேஜ்ல கண்டுபிடிச்சாங்க, 2020ல 43 வயசுல போயிட்டாரு. மாசக்கணக்கா ரத்தபேதின்னா அல்சரேடிவ் கொலைட்டிஸ்னு பெருங்குடல் உள்சுவர்ல புண்ணு வர்ற நோய் இருக்கலாம், அது கேன்சர் இல்ல, ஆனா எட்டு வருஷத்துக்கு மேல இருந்தா கேன்சருக்கான ரிஸ்க் ஏறும், அதனால அவங்களுக்கு அப்பப்போ ஸ்கோப் பார்க்கணும். போனை எடுத்துக்கிட்டு பாத்ரூம்ல அரைமணி நேரம் முக்குறவங்களுக்கு மலக்குடல் முன்பக்க சுவர்ல ஒத்தையா ஒரு புண்ணு வரும், சில நேரம் கட்டி மாதிரியே இருக்கும், ஸ்கோப் போடுற எங்களுக்கே ஒரு நிமிஷம் பக்குனு ஆகும், பயாப்சில தான் கேன்சர் இல்லைன்னு உறுதியாகும்.

அப்புறம் இந்த மாஸ்டர் ஹெல்த் செக்கப். சிஇஏன்னு ஒரு ரத்த டெஸ்ட சேர்த்து வச்சு கேன்சர் ஸ்கிரீனிங்னு காசு வாங்குறாங்க. ஆரம்ப கேன்சர்ல அது நார்மலாவே இருக்கலாம், சிகரெட் குடிக்கிறவருக்கு கேன்சர் இல்லாமலே ஏறியிருக்கலாம். கேன்சர்னு உறுதியான பிறகு, ட்ரீட்மென்ட் முடிஞ்சு திரும்ப வருதான்னு பார்க்கத்தான் அது உதவும். வயிறு அல்ட்ராசவுண்ட் நார்மல்னு ஃபைல தூக்கிட்டு வர்றதும் அப்படித்தான், குடலுக்குள்ள இருக்குறத அதுல நம்பி பார்க்க முடியாது. மலத்துல மறைஞ்ச ரத்தம் பார்க்குற டெஸ்ட் தொந்தரவு எதுவும் இல்லாதவங்களுக்கு தான். கண்ணுக்கு ரத்தம் தெரியுறவங்க அத பண்ணி என்ன பிரயோஜனம்?

கொலனோஸ்கோப்பிய பத்தி பயம் தேவையில்ல, மயக்கம் குடுத்து தான் பண்றோம், கஷ்டம் எல்லாம் மொத நாள் அந்த பேதி பவுடர லிட்டர் கணக்குல குடிக்கறது தான். குடல் சுத்தமா இல்லைன்னா பாலிப்னு சொல்ற சின்ன சதை வளர்ச்சி தெரியாது, அதுல சில பாலிப் தான் பத்து வருஷம் வாக்குல கேன்சரா மாறுறது, பார்த்த எடத்துலயே அத வெட்டி எடுத்துட்டா அந்த கதை அங்கயே முடிஞ்சுது. அதனால ஏமாத்தாம முழுசா குடிங்க.

கட்டி இருக்குன்னு ஸ்கோப்ல தெரிஞ்சும் பயாப்சி ரிப்போர்ட் "கேன்சர் இல்ல"ன்னு வந்தா கோயிலுக்கு போய் தேங்கா உடைச்சுட்டு வீட்டுல உக்காந்துடாதீங்க. மேலாக்க எடுத்த சதைல கேன்சர் சிக்காம போகலாம், பார்க்க கேன்சர் மாதிரி இருந்தா மறுபடி எடுக்கணும். உறுதியானா அப்புறம் நெஞ்சு வயிறு சிடி, மலக்குடல்னா எம்ஆர்ஐ.

ரிப்போர்ட்ல கேன்சர்னு வந்தா கூட வந்திருக்குற அண்ணன் தம்பி, அக்கா தங்கச்சி, புள்ளைங்கள நான் சும்மா அனுப்ப மாட்டேன். அவங்க 40 வயசுல, இல்லைன்னா பேஷண்டுக்கு கேன்சர் வந்த வயசுக்கு பத்து வருஷம் முன்னாடி, எது சீக்கிரமோ அப்ப ஒரு கொலனோஸ்கோப்பி பண்ணிக்கணும். அண்ணனுக்கு 45ல வந்திருந்தா தம்பி 35லயே.